மெஹ்மெத்: ஒரு பெயரின் பொருளும் பின்னணியும்



நமது வானொலி உரைக்குப் பின்னர் நேயர் ஒருவர் மடல் ஒன்று அனுப்பியிருந்தார். அவருக்கு ஆண் குழந்தை பிறந்து நான்கு நாட்களாகியிருந்தன. துருக்கிய வரலாற்றுத் தொடர்களைப் பார்த்து மனம் பறிகொடுத்திருந்த அவர், குழந்தைக்கு ‘மெஹ்மெத்’ எனப் பெயர் சூட்ட எண்ணினார். குழந்தையின் பாட்டனாரோ, “இது நபியவர்களின் திருப்பெயரைச் சிதைத்துச் சொல்லும் பெயர். என் வாயால் இப்பெயரைச் சொல்லி அதான் கூற மாட்டேன்” என்று மறுத்துவிட்டார். வாப்பாவும் மகனும் ஒரே வீட்டில் இருந்துகொண்டே பேச்சை நிறுத்திவிட்டனர். ஏழாம் நாளும் அகீகாவும் நெருங்கிக்கொண்டிருந்தபடியால் வானொலியில் ஓரிரு வசனங்களில் மட்டுமே பதில் கூற முடிந்தது. அதனை இங்கே சற்று விரிவாக நோக்குவோம்.

மெஹ்மெத் என்பது தனிப் பெயரன்று. ‘முஹம்மத்’ என்ற அரபுப் பெயர் துருக்கிய நாவில் பெற்ற வடிவமேயாகும். ஹா, மீம், தால் என்ற மூன்று மூல எழுத்துகளிலிருந்து பிறக்கும் ‘ஹம்த்’ என்ற சொல்லுக்குப் புகழ் என்பது பொருள். ‘மஹ்மூத்’ என்றால் புகழப்பட்டவர். நடுவிலுள்ள மீமுக்கு ஷத்துச் செய்து ‘முஹம்மத்’ என்னும்போது, மீண்டும் மீண்டும் நிறைவாகப் புகழப்பட்டவர் என்ற மிகுதிப் பொருள் வந்துவிடுகிறது. அல்குர்ஆனில் இப்பெயர் ஆலு இம்ரான் 144, அல்அஹ்ஸாப் 40, முஹம்மத் 2, அல்ஃபத்ஹ் 29 ஆகிய 4 இடங்களில் வந்துள்ளது. ‘அஹ்மத்’ என்ற பெயர் அஸ்ஸஃப் அத்தியாயத்தின் 6ஆம் வசனத்தில் இடம்பெறுகிறது.

சரி, முஹம்மத் எவ்வாறு மெஹ்மெத் ஆயிற்று? அரபியில் தொண்டையின் நடுவிலிருந்து அழுத்தமாக எழும் ‘ஹா’ துருக்கிய மொழியில் இல்லை. அங்கே எல்லா ஹகரமும் ஒரே மெல்லிய ஹகரம்தான். ஒரு சொல்லின் உயிரோசைகள் ஒன்றுக்கொன்று இயைந்து நிற்க வேண்டும் என்பதும் அம்மொழியின் இயல்பு. ஆகவே உகரமும் அகரமும் மாறி, பழைய துருக்கிய ஏடுகளில் காணப்படும் ‘மெஹெம்மெத்’ போன்ற வடிவம் தோன்றியது. நாளடைவில் நடுவிலிருந்த உயிரோசை தேய்ந்தது. இரட்டித்த மீமும் ஒற்றையாயிற்று. சொல்லின் ஈற்றில் மெலிந்த தால் நிலைக்காமல் வல்லோசையாகிவிடுவதும் துருக்கியின் வழக்கம். ஆதலால் உஸ்மானியர் காலத்துப் பெயரை ஈற்றில் தால் ஒலியோடும், இன்றைய பெயரைத் தா ஒலியோடும் லத்தீன் எழுத்தில் எழுதுகின்றனர். (நம் தமிழ் எழுத்திலோ இரண்டுக்கும் ஒரே ‘த்’ தான், எனவே இவ்வேறுபாட்டை நாம் கண்ணால் காண்பதில்லை.) வேடிக்கை என்னவென்றால், ‘மெஹ்மெத்தினுடைய’ என்று வேற்றுமை உருபு சேர்த்துச் சொல்லும்போது ஒளிந்திருந்த அந்தத் தால் மீண்டும் வாயில் வந்துவிடுகிறது. எழுத்து மாறினும் நாக்கு மூலத்தை மறக்கவில்லை போலும்.

இது துருக்கியருக்கு மட்டும் நேர்ந்ததன்று. மேற்கு ஆபிரிக்காவில் இதே பெயர் ‘மமது’ என்றும், வட ஆபிரிக்காவின் பர்பர் மக்களிடையே ‘முஹந்த்’ என்றும் வழங்குகிறது. அவ்வளவு தூரம் போவானேன்? தமிழில் வல்லின மெய்யில் சொல் முடிவதில்லையாதலால், சீறாப்புராணம் பாடிய உமறுப்புலவர் காலத்திலும் அதன் பின்னரும் நம் முன்னோர் ‘முகம்மது’ என்றே எழுதினர். ஹகரம் ககரமாயிற்று, ஈற்றில் இல்லாத உகரம் ஒன்று வந்து ஒட்டிக்கொண்டது. பாட்டனாருடைய அடையாள அட்டையிலும் அவ்வாறே எழுதப்பட்டிருக்கக் கூடும். அதனைச் சிதைவு என்று எவரும் கூறுவதில்லை.

இவ்விடத்தில் துருக்கிய மக்கள் தாமே கூறும் மற்றொரு காரணத்தையும் அறிந்துகொள்ள வேண்டும். நபியவர்களின் திருப்பெயரை அப்படியே பிள்ளைக்கு இட்டால், தாய் கோபத்தில் ஏசும்போதும், தெருவில் பிள்ளைகள் சண்டையிடும்போதும் அப்பெயர் இழிவுபட நேருமே என்றஞ்சி, திருப்பெயரை நபியவர்களுக்கென்றே ஒதுக்கிவைத்து, தம் பிள்ளைகளை மெஹ்மெத் என அழைத்தனர் என்பர். அதாவது பாட்டனார் எதனை அவமதிப்பு என்று கருதினாரோ, அதனையே அம்மக்கள் மரியாதை என்று கருதுகின்றனர்.

இந்த அச்சம் புதியதன்று. உமர் (ரழி) அவர்களின் காலத்திலேயே இத்தகைய நிகழ்ச்சி ஒன்று முஸ்னத் அஹ்மதில் பதிவாகியுள்ளது. அன்னாரின் சகோதரர் ஸைத் (ரழி) அவர்களின் மகனுக்கு முஹம்மத் என்று பெயர். ஒருவன் அவரைப் பெயர் சொல்லி ஏசுவதைக் கேட்ட உமர் (ரழி) அவர்கள் மனம் பொறாது, உம்மைக் காரணமாக்கி அல்லாஹ்வின் தூதர் ஏசப்படுவதை நான் விரும்பவில்லை என்ற கருத்தில் கூறி, அவருக்கு அப்துர் றஹ்மான் எனப் பெயர் மாற்றினார்கள். தல்ஹா (ரழி) அவர்களின் பிள்ளைகளுக்கும் ஆளனுப்பினார்கள். அப்பொழுது அவர்களுள் மூத்தவரான முஹம்மத், எனக்கு இப்பெயரைச் சூட்டியவர்களே நபி (ஸல்) அவர்கள்தாம் என்று எடுத்துரைத்தார். அதனைக் கேட்டதும், நபியவர்கள் சூட்டிய பெயரை மாற்ற எனக்கு அதிகாரமில்லை என்று உமர் (ரழி) அவர்கள் விட்டுவிட்டார்கள். தம் பெயரைச் சூட்டிக்கொள்ளுமாறு நபியவர்கள் கூறிய ஹதீஸ் புகாரி, முஸ்லிம் ஆகிய இரு கிரந்தங்களிலும் உள்ளது என்பதையும் நாம் அறிவோம். ஆகவே துருக்கியரின் அச்சத்தை மதிக்கலாம். ஆயினும் அனைவர் மீதும் அதனைக் கடமையாக்க முடியாது.

ஆனால் ஒன்று. மரியாதை மட்டுமே இப்பெயர் பிறந்ததற்குக் காரணம் என்பதை என்னால் முழுமையாக ஏற்க முடியவில்லை. அஹ்மத் என்பதும் நபியவர்களின் பெயரே. முஸ்தஃபா என்பதும் அன்னாரையே குறிக்கும். இவ்விரண்டையும் துருக்கியர் பெரிதாக மாற்றாமலேயே பிள்ளைகளுக்குச் சூட்டி, சூட்டிய வாயால் ஏசியும் வந்துள்ளனர். அப்பெயர்கள் துருக்கிய நாவுக்கு எளிதாக இருந்தன. முஹம்மத் எளிதாக இருக்கவில்லை. எனவே ஒலி முதலில் தானாக மாறியது. மாறிய பின்னர் அம்மாற்றத்தில் மரியாதை வந்து குடிகொண்டது என்று கொள்வதே பொருத்தமாகத் தோன்றுகிறது. மரியாதை பிந்தி வந்ததாயினும் அது பொய்யான மரியாதையன்று. இன்றும் அவர்கள் நபியவர்களைக் குறிப்பிடும்போது ‘ஹஸ்ரத்’ என்ற அடைமொழியோடு முஹம்மத் என்றே கூறுவர். ஒருபோதும் மெஹ்மெத் என்று கூறுவதில்லை.

இவை இரண்டு பெயர்கள் என்ற எண்ணம் வலுப்பெற்றதற்கு எழுத்து மாற்றமும் காரணமாகும். உஸ்மானியர் காலத்தில் துருக்கி மொழி அரபு எழுத்தில் எழுதப்பட்டது. நபியவர்களின் பெயராயினும், சந்தையில் காய்கறி விற்பவரின் பெயராயினும், ஏட்டில் மீம், ஹா, மீம், தால் என்ற அதே 4 எழுத்துகளே. இடமறிந்து வாசிப்பவர் ஒன்றை முஹம்மத் என்றும் மற்றதை மெஹ்மெத் என்றும் வாசித்தார். 1928 நவம்பர் மாதம் லத்தீன் எழுத்துச் சட்டம் வந்த பின்னரே, ஒலித்தவாறு எழுத நேர்ந்து, அதுவரை ஒன்றாகத் தோன்றிய பெயர் தாளில் இரண்டாயிற்று. எகிப்தை 1805 முதல் 1848 வரை ஆண்ட பாஷாவை அரபிகள் முஹம்மத் அலி என்பர்; துருக்கியர் மெஹ்மெத் அலி என்பர். மனிதர் ஒருவரே, அவருடைய பெயரின் எழுத்துகளும் ஒன்றே.

இப்பெயரைத் தாங்கியோர் பலர். உஸ்மானிய ஸுல்தான்களுள் மட்டும் அறுவர். அவர்களுள் தலையாயவர் இரண்டாம் மெஹ்மெத். 1432இல் எதிர்னே நகரில் பிறந்து, 1453 மே 29ஆம் திகதி, தமது 21ஆம் வயதில் கொன்ஸ்தாந்திநோபிளை வென்றமையால் ‘ஃபாத்திஹ்’ எனப் பெற்றார். அந்நகரை வெல்லும் தலைவரைப் புகழ்ந்து வந்துள்ள ஹதீஸை இவரோடு இணைத்து நம் மேடைகளில் பலரும் முழங்குவர். அந்த ஹதீஸை இமாம் ஹாகிம் ஸஹீஹ் என்றார். பிற்கால அறிஞர் அல்பானீ ளஈஃப் என்றார். மேடையில் இதனையும் ஒரு வார்த்தை சொல்லிவிட்டால் நல்லது. அறுவருள் இறுதியானவரான ஆறாம் மெஹ்மெத், 1922 நவம்பரில் ஸுல்தான் பதவி ஒழிக்கப்பட்டதும் இஸ்தான்பூலை விட்டு வெளியேறினார். பேரரசின் தலைநகரை வென்றவரும் அதனை இழந்தவரும் ஒரே பெயரினர்.

கவிஞர் மெஹ்மெத் ஆகிஃப் அவர்களின் பெயருக்குப் பின்னாலுள்ள கதை அரபுக் கல்லூரி மாணவருக்குச் சுவையூட்டும். அவரது தந்தை ஃபாத்திஹ் மத்ரஸாவின் ஆசிரியர். மகன் பிறந்த ஹிஜ்ரி 1290ஆம் ஆண்டு (கி.பி. 1873) அப்ஜத் கணக்கில் வருமாறு அவர் தேடியெடுத்த சொல் ‘ரஃகீஃப்’. ரா 200, ஃகைன் 1000, யா 10, ஃபா 80, கூட்டினால் 1290. கணக்குச் சரிதான், ஆனால் அச்சொல்லுக்கு ரொட்டி என்பது பொருள்! வழக்கத்தில் இல்லாத அப்பெயரை ஊரார் விளங்கிக்கொள்ளாது, ஒலியில் நெருங்கிய ‘ஆகிஃப்’ என்று அழைத்தனர். இறையில்லத்தில் தங்கியிருப்பவர் என்ற பொருளுடைய அதுவே நிலைத்தது. தந்தை மட்டும் தம் இறுதிவரை ரஃகீஃப் என்றே அழைத்துவந்தாராம். இவர் எழுதிய பாடலே 1921 மார்ச் 12ஆம் திகதி துருக்கியின் தேசிய கீதமாக ஏற்கப்பட்டது. பரிசாகக் கிடைத்த 500 லீராவைத் தாம் வைத்துக்கொள்ளாது ஏழைப் பெண்களுக்கும் பிள்ளைகளுக்கும் தொழில் கற்பித்த நிறுவனத்துக்கு வழங்கிவிட்டார்.

மன்னரையும் கவிஞரையும் விட இப்பெயருக்கு உரியவர் சாதாரணச் சிப்பாயே எனலாம். துருக்கியர் தம் படைவீரரை ‘மெஹ்மெத்ஜிக்’ என்பர். நம்மவர் பெயரோடு ‘குட்டி’ சேர்ப்பதைப் போன்ற செல்ல விகுதி அது. 1915ஆம் ஆண்டு சனக்கலே போரில் அகழிகளில் மாண்ட கிராமத்து இளைஞர் அனைவரையும் இவ்வொரு பெயராலேயே மக்கள் நினைவுகூர்கின்றனர். படையைப் ‘பெய்கம்பர் ஒஜாகு’, அதாவது நபியின் அடுப்பங்கரை என்று கூறும் வழக்கமும் அவர்களிடம் உண்டு. அங்கே சேரும் பிள்ளை நபியவர்களின் பெயரையே பெறுகிறான் என்ற எண்ணத்தை இதில் காணலாம்.

ஊருக்கு ஊர் இத்தனை மெஹ்மெத்கள் இருந்தால் அடையாளம் காண்பது எவ்வாறு? 1934இல் குடும்பப் பெயர்ச் சட்டம் வரும்வரை நெட்டை மெஹ்மெத், கறுப்பு மெஹ்மெத் என்ற பட்டப் பெயர்களே துணை. நம் கிராமங்களில் ஒரே தெருவில் நான்கு முகம்மதுகள் இருக்கும்போது என்ன செய்கிறோம் என்பதை நான் சொல்லத் தேவையில்லை. மெஹ்மெத் அலி, மெஹ்மெத் எமின் என இரட்டைப் பெயர் வைப்பதும் இதற்காகவே பெரிதும் பயன்பட்டது. தொப்புள்கொடி அறுக்கும்போது இடப்படும் ‘தொப்புள் பெயர்’ என்ற ஒன்றும் அவர்களிடம் உண்டு. குடும்பத்தின் மூத்தவரோ இமாமோ குழந்தையின் வலக் காதில் அதானும் இடக் காதில் இகாமத்தும் கூறி, பெயரை மும்முறை சொல்வார்.

துருக்கியரைப் பார்த்து எதையாவது எடுத்துக்கொள்வது நம் சமூகத்துக்குப் புதிதன்று. துருக்கித் தொப்பியோடு நீதிமன்றில் தோன்றும் உரிமைக்காக 1905இல் சட்டத்தரணி எம்.சி. அப்துல் காதர் அவர்கள் வாதாடினார்கள். துருக்கியில் அத்தொப்பி 1925இல் சட்டத்தால் தடுக்கப்பட்ட பின்னரும் நம் மணமகன்மார் பல்லாண்டுகள் அதனை அணிந்தனர். பெயரையும் தொப்பி போல அழகுக்காக மட்டும் எடுத்துக்கொள்ளலாகாது என்பதே என் கவலை. மற்றபடி மடல் எழுதிய சகோதரருக்கு என் பதில் இது: மெஹ்மெத் எனப் பெயரிடுவது ஆகுமானது. பொருளில் குறையில்லை, இழிவுபடுத்தும் நோக்கமும் எவருக்கும் இல்லை.

எனினும் ஒரு விடயத்தில் கவனம் வேண்டும். அரபு ஏடுகள் சில, துருக்கியரின் இப்பெயரை இன்றைய உச்சரிப்பின்படி ஈற்றில் தாலுக்குப் பதிலாகத் தா இட்டு எழுதுகின்றன. அவ்வாறு எழுதினால் ‘ஹம்த்’ என்ற மூலமே அறுந்துவிடும். பாட்டனாரின் குற்றச்சாட்டும் அப்பொழுது உண்மையாகிவிடும். ஆகவே அரபியில் எங்கு எழுதினாலும் மீம், ஹா, மீம், தால் என்ற 4 எழுத்துகளையே எழுதுங்கள். பாட்டனார் அதான் கூறி முஹம்மத் என்றே அழைக்கட்டும். அதுவும் இதே பெயர்தான். பிறப்புப் பதிவில் முஹம்மத் மெஹ்மெத் என இரண்டையும் சேர்த்து எழுதுவது கூறியது கூறலாகும். இரண்டில் ஒன்றை இருவரும் கலந்து பேசித் தெரிவு செய்யுங்கள். பதிவுக்கு 42 நாட்கள் அவகாசம் உண்டு.