மருந்து அடிக்குமுன் சிலந்தியை எண்ணுங்கள்

வெயில் ஏறிய நேரத்தில் தோட்டத்துச் செடிகளிலும் வேலியோரப் புதர்களிலும் இலைகளின் மேற்புறத்தை உற்றுப் பார்த்தால், கட்டெறும்பு அளவே உள்ள ஒரு சிறு சிலந்தி தென்படும். கருத்த உடம்பின் குறுக்கே நீலம் கலந்த வெள்ளை வரிகள் ஓடும். வெயில் பட்டால் அவ்வரிகள் பளபளவென்று மின்னும். விரலை அருகில் கொண்டு போனால் மற்றப் பூச்சிகளைப் போல உடனே ஓடி விடாது. உடம்பைத் திருப்பி விரலையே பார்க்கும். இன்னும் நெருங்கினால் ஒரே தாவலில் அடுத்த இலைக்குப் போய்விடும்.

தாவும் சிலந்திக் குடும்பத்தைச் சேர்ந்த இதற்கு 'பின்டெல்லா விட்டாட்டா' என்று பெயர். 'விட்டாட்டா' என்ற லத்தீன் சொல்லுக்குப் பட்டை போட்டது என்று பொருள். கோக் என்ற ஜெர்மானிய அறிஞர் 1846-ல் இதை முதன்முதலாக விவரித்து எழுதினார். இந்தியாவிலிருந்து பிலிப்பைன்ஸ் வரை இது பரவி இருக்கிறது. நீளம் ஏறத்தாழ அரை சென்டிமீட்டர்தான்.

இலை மேல் எது ஊர்ந்தாலும் பயிரைக் கெடுக்க வந்ததாகவே எண்ணி மருந்து அடிப்பது பல ஊர்களில் பழக்கமாகி விட்டது. சிலந்தி விஷயத்தில் பெயர்க் குழப்பமும் சேர்ந்து கொள்கிறது. கத்தரி, வெண்டை, மல்லிகை இலைகளின் அடியில் இருந்து சாறு உறிஞ்சும் 'செஞ்சிலந்தி' உண்மையில் சிலந்தியே அல்ல. அது பேன் வகை. அதுவும் மெல்லிய நூலாம்படை கட்டுவதால் அந்தப் பெயர் வந்துவிட்டது. அந்தப் பேன் செய்கிற சேதத்துக்கு எட்டுக்கால் பூச்சி பழி சுமக்கிறது. உண்மையான சிலந்திகள் பூச்சிகளைப் பிடித்துத் தின்று வாழ்கின்றன. நம் பயிர்களுக்கு அவற்றால் சேதம் கிடையாது.

சிலந்தி ஊர்ந்தால் உடம்பில் கொப்புளம் கிளம்பும் என்ற அச்சமும் கிராமங்களில் உண்டு. கொப்புளம் கொப்புளமாக வரும் அக்கி, வைரஸ் கிருமியால் உண்டாவது. தாவும் சிலந்திக்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

வலை பின்னாத வேட்டைக்காரன்

வலை கட்டி, இரை வந்து விழட்டும் என்று காத்திருப்பது தாவும் சிலந்தியின் வழக்கமல்ல. பகலில் இலை இலையாகத் திரிந்து, கண்ணால் பார்த்து, பூனை எலியைப் பிடிப்பது போலப் பதுங்கிப் பிடிக்கும். இதற்கு உதவுவது அதன் கண்கள். மொத்தம் 8 கண்கள். முகத்தின் நடுவே உள்ள இரண்டும் பெரியவை, கூர்மையாகப் பார்ப்பவை. மற்றவை பக்கவாட்டிலும் பின்புறத்திலும் அசைவதைக் கண்டுபிடித்துச் சொல்லும். பின்னால் ஒரு தத்துப்பூச்சி அசைந்தாலும் சட்டென்று அந்தப் பக்கம் திரும்புவது இதனால்தான்.

தாவுகிற விதமும் வேடிக்கையானது. சிலந்தியின் காலில் சில மூட்டுகளை மடக்கத் தசை உண்டு, நீட்டத் தசை கிடையாது. உடம்பில் உள்ள இரத்தத்தை அழுத்திக் கால்களுக்குள் செலுத்தும்போது, மடங்கியிருந்த கால்கள் விருட்டென்று நீள்கின்றன. டிராக்டரில் எண்ணெய் அழுத்தத்தால் கலப்பையைத் தூக்குகிறோமே, ஏறக்குறைய அதே முறைதான். இப்படித் தன் உடம்பின் நீளத்தைப் போலப் பல மடங்கு தூரம் தாவும். தாவுமுன் நின்ற இடத்தில் ஒரு நூலை ஒட்டி வைத்துக் கொள்ளும். குறி தப்பினாலும் கீழே விழாமல் நூலில் தொங்கி மேலே ஏறி வந்துவிடும்.

நூலின் இன்னொரு பயன் வீடு கட்டுவது. இலை மடிப்பில் நூலால் சிறு பை போலக் கட்டி, இரவில் அதனுள் தங்கும். தாய்ச் சிலந்தி முட்டையிடுவதும் காவல் இருப்பதும் இத்தகைய கூட்டில்தான். இலை மடிந்து நூல் ஒட்டியிருந்தால் உடனே இலைச்சுருட்டுப் புழு என்று முடிவு கட்டக் கூடாது. பிரித்துப் பார்க்க வேண்டும். புழு இருந்தால் பச்சையம் சுரண்டப்பட்டு இலை வெளுத்திருக்கும், எச்சமும் கிடக்கும். சிலந்தியின் கூட்டில் இந்தச் சுரண்டல் இராது.

ஆண் சிலந்தி பெண்ணைக் கண்டால் முன்னங்கால்களைத் தூக்கி ஆடிக் காட்டும். பின்டெல்லாவின் வரிகள் நம் கண்ணுக்குத் தெரியாத புற ஊதாக் கதிரையும் பிரதிபலிக்கின்றன. அவ்வாறு பிரதிபலிக்கும் ஆணையே பெண் விரும்புகிறது என்று சீனா, சிங்கப்பூர் விஞ்ஞானிகள் 2008-ல் கண்டறிந்தார்கள்.

நெல் வயலில்

நெல் வயலிலும் இக்குடும்பத்துச் சிலந்திகள் உண்டு. பிலிப்பைன்ஸில் உள்ள சர்வதேச நெல் ஆராய்ச்சி நிலையம் 1987-ல் வெளியிட்ட கையேட்டில் தாவும் சிலந்தி ஒன்றைப் பற்றிய விவரம் இருக்கிறது. அது 2 முதல் 4 மாதம் உயிர் வாழும். 60 முதல் 90 குஞ்சுகள் பொரிக்கும். நாளொன்றுக்குப் பச்சைத் தத்துப்பூச்சி போன்ற சிறு பூச்சிகளில் 2 முதல் 8 வரை பிடித்துத் தின்னும். பச்சைத் தத்துப்பூச்சிதான் துங்ரோ நோயைப் பரப்புவது என்பது விவசாயிகள் அறிந்ததே.

தாவும் சிலந்தி எல்லாப் பூச்சிக்கும் மருந்தல்ல. தண்டுக்குள் புகுந்துவிட்ட குருத்துப் புழுவை அதனால் ஒன்றும் செய்ய முடியாது. சிறிய தேனீயோ இன்னொரு சிலந்தியோ அகப்பட்டால் அதையும் விடாது. பயிரின் அடித்தூரில் அப்பிக் கிடக்கும் புகையானைப் பெரும்பாலும் தின்பது, தண்ணீர் மட்டத்தை ஒட்டி ஓடித் திரியும் ஓநாய்ச் சிலந்தி. மேலே இலைகளில் தாவும் சிலந்தி, கீழே தூரில் ஓநாய்ச் சிலந்தி என்று இரண்டும் வயலைப் பங்கு போட்டுக் காவல் காக்கின்றன. கண்டபடி மருந்து தெளித்தால் இரண்டும் சேர்ந்தே சாகின்றன.

அதன் பிறகு நடப்பதுதான் கவனிக்க வேண்டியது. புகையான் தன் முட்டைகளை இலையுறைக்குள் செருகி வைக்கிறது. தெளிக்கும் மருந்து அந்த முட்டைகளை அவ்வளவாக எட்டுவதில்லை. சில நாளில் குஞ்சுகள் வெளியே வரும்போது அவற்றைத் தின்னச் சிலந்தி இருக்காது. மருந்து அடித்த வயலிலேயே புகையான் முன்னைவிட அதிகமாகப் பெருகுவதற்கு இது முக்கியக் காரணம். மேலும் மேலும் அடித்தால் மேலும் மேலும் பெருகும். இந்தோனேசியாவில் இவ்வாறு புகையான் பெருகி நெல் அழியவே, அந்நாட்டு அரசு 1986-ல் 57 பூச்சி மருந்துகளை நெல்லுக்குப் பயன்படுத்தக் கூடாது என்று தடை செய்தது.

எத்தனை இருந்தால் தெளிக்கலாம்?

தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் புகையானுக்குச் சொல்லும் சேத அளவு, சிலந்தியையும் கணக்கில் சேர்த்துத்தான் வகுக்கப்பட்டிருக்கிறது. சிலந்தி இல்லாத வயலில் தூர் ஒன்றுக்கு 1 புகையான் இருந்தாலே நடவடிக்கை எடுக்க வேண்டும். குத்துக்கு 1 சிலந்தி வீதம் இருந்தால் தூர் ஒன்றுக்கு 2 புகையான் வரை பொறுக்கலாம். 10 தூர் உள்ள ஒரு குத்தில், சிலந்தி இல்லாவிட்டால் 10 புகையானே எல்லை. ஒரே ஒரு சிலந்தி இருந்தால் எல்லை 20 ஆகிறது.

வயலின் குறுக்கே நடந்து அங்கங்கே 10, 20 குத்துகளைப் பிரித்துப் பார்த்து, புகையான் எத்தனை, சிலந்தி எத்தனை என்று இரண்டையும் எண்ணிச் சராசரி போட வேண்டும். அரை மணி நேர வேலை. ஒரு தெளிப்புக்கு ஆகும் மருந்துச் செலவையும் ஆள் கூலியையும் பார்த்தால் இது பெரிய சிரமமல்ல. வரப்பு ஓரத்தை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்பினால் கணக்கு தவறிப் போகும். புகையான் பெரும்பாலும் வயலின் நடுவே வட்டம் வட்டமாகத் தொடங்கும்.

எல்லையைத் தாண்டிவிட்டால் முதலில் தண்ணீரை வடித்து விட வேண்டும். ஏக்கருக்கு 10 கிலோ வேப்பம்பருப்பை இடித்து ஊற வைத்து வடிகட்டி, 200 லிட்டர் நீரில் 5 சதக் கரைசலாகத் தூரில் படும்படி தெளிக்கலாம். செயற்கை பைரித்ராய்டு மருந்துகளை நெல்லில் தவிர்ப்பது நல்லது. புகையானை மீண்டும் கிளப்பிவிடும் மருந்துகளில் இவையும் சேர்ந்தவை. அடுத்த பருவத்தில் நடும்போதே 8 அடிக்கு 1 அடி பட்டம் விட்டால் காற்றும் வெளிச்சமும் தூருக்குப் போகும். எண்ணிப் பார்க்க உள்ளே இறங்கவும் வழி கிடைக்கும்.

சிலந்தி தங்க இடம் கொடுப்பதற்குச் செலவே இல்லை. வரப்பில் தட்டைப்பயறோ உளுந்தோ விதைக்கலாம். அறுவடை முடிந்ததும் வரப்புப் புல்லை ஒட்டச் சுரண்டித் தீ வைக்காமல் ஒரு பகுதியையாவது விட்டு வைக்க வேண்டும். வைக்கோலைச் சிறு கட்டுகளாகக் கட்டி வயலில் அங்கங்கே வைத்தால் சிலந்திகள் அதில் ஒதுங்கும். நட்ட பயிர் பச்சை பிடித்ததும் அங்கிருந்தே இறங்கி வேட்டையைத் தொடங்கிவிடும்.