காபி மெஷினுக்கு மாற்றுச் சல்லடை: எதைப் பார்த்து வாங்குவது?

பழனியிலிருந்து திண்டுக்கல் சாலையில் போகிறவர்களுக்கு ஆயக்குடி என்றதும் கொய்யாப் பழம்தான் நினைவுக்கு வரும். ஆனால் ஊருக்குத் தெற்கே நிற்கும் மலையில் காபியும் விளைகிறது. பாச்சலூர், கே.சி.பட்டி, தாண்டிக்குடி, பண்ணைக்காடு, பெரும்பாறை எனக் கீழ்ப்பழனி மலை நெடுக, மர நிழலில், மிளகு, ஆரஞ்சு, மலைவாழையோடு சேர்ந்து வளர்வது பெரும்பாலும் அராபிகா. இந்தியக் காபி வாரியத்தின் மண்டல ஆராய்ச்சி நிலையம் ஒன்று தாண்டிக்குடியிலேயே இருக்கிறது. மலையடிவாரத்துப் பட்டிவீரன்பட்டி காபி வணிகத்தால் பேர் பெற்ற ஊர். சென்னை பாண்டி பஜாருக்குப் பெயர் தந்த டபிள்யூ.பி.ஏ. சௌந்தரபாண்டியன் அந்த ஊர்க்காரர், தோட்ட உரிமையாளர்.

காபி இவ்வளவு பக்கத்தில் விளைவதால், வீட்டில் எஸ்பிரெஸ்ஸோ மெஷின் வைத்திருப்பவர்களுக்கு இந்த வட்டாரத்தில் ஒரு தனி வசதி உண்டு. நல்ல கொட்டை கைக்கெட்டும் தூரத்தில் கிடைக்கிறது. ஆனால் மெஷினின் சல்லடை அடைத்துக்கொண்டாலோ நசுங்கினாலோ எதை வாங்கிப் போடுவது என்று சொல்ல ஆளில்லை. பெட்டியோடு வந்த குறிப்பேட்டில் அதற்கு அரைப்பக்கம்கூட இருப்பதில்லை. மாற்றுச் சல்லடையைத் தப்பாக வாங்கிப் போட்டுவிட்டு, மெஷினே சரியில்லை என்று மூட்டை கட்டி அட்டத்தில் போட்டுவிடுகிறார்கள். நல்ல கருவி ஒன்று இப்படி வீணாவது எனக்குப் பொறுக்கவில்லை.

முதலில் இந்தச் சல்லடை செய்யும் வேலையைப் பார்ப்போம். நம் பித்தளைப் பில்டரில் வெந்நீர் தன் எடையால் மட்டும் கீழே இறங்குகிறது. கால் மணி நேரமோ அதற்கு மேலோ சொட்டுச் சொட்டாக டிகாஷன் இறங்கும். அங்கே துளை கொஞ்சம் பெரிதானாலும் சிறிதானாலும் பெரிய சேதமில்லை. எஸ்பிரெஸ்ஸோவில் அதே வேலை 25 முதல் 30 விநாடிக்குள் முடிய வேண்டும். அதற்காக 90 டிகிரிக்கு மேல் சூடான நீரை, வளிமண்டல அழுத்தத்தைப் போல ஒன்பது மடங்கு அழுத்தத்தில், அதாவது 9 பாரில், இறுக்கி அமுக்கிய தூளுக்குள் பம்ப் தள்ளுகிறது. 51 மில்லிமீட்டர் விட்டமுள்ள சல்லடையின் மேல் அப்போது இறங்கும் விசையைக் கணக்கிட்டால் ஏறத்தாழ 187 கிலோ எடைக்குச் சமம். 58 மில்லிமீட்டர் என்றால் 240 கிலோவைத் தாண்டும். உள்ளங்கைக்குள் அடங்கும் மெல்லிய எஃகுக் கிண்ணம், ஒவ்வொரு கப்புக்கும் இவ்வளவையும் தாங்கிக்கொண்டு, தூளை விடாமல் சாற்றை மட்டும் விட வேண்டும். அரை மில்லிமீட்டர் பிசகு கூட இங்கே பெரிய விஷயமாவது அதனால்தான்.

இந்த ஏற்பாடு ஒரே நாளில் வந்ததல்ல. கைப்பிடியில் சல்லடையை வைத்துப் பூட்டும் முறையோடு மிலான் நகரின் லூயிஜி பெட்ஸெரா 1901-இல் காப்புரிமை பெற்றார். அந்தக் கால மெஷின்கள் நீராவியை நம்பியவை, அழுத்தம் குறைவு. அக்கில்லே காஜியா 1938-இல் வேறு வழி கண்டார். அவருடைய நெம்புகோல் மெஷின்கள் 1940-களின் கடைசியில் விற்பனைக்கு வந்தபோதுதான் கோப்பையின் மேல் பொன்னிற நுரைப் படலம் தோன்றியது. 1961-இல் ஃபேமா நிறுவனத்தின் ஈ61 மெஷின் மின்பம்பைக் கொண்டுவந்தது. கடைகளுக்கான பெரிய மெஷின்களில் இன்று பரவலாக உள்ள 58 மில்லிமீட்டர் அளவு அந்த வழியில் வந்தது.

கல்யாண மண்டபங்களில் புஸ்ஸென்று ஆவி விடுகிற பெரிய மெஷினையும் நம் பக்கத்தில் எஸ்பிரெஸ்ஸோ மெஷின் என்றே சொல்கிறோம். அதில் பெரும்பாலும் சல்லடைக்கு வேலையே இல்லை. கொதிகலனின் ஆவி பாலைச் சூடாக்கி நுரைக்க வைக்கும், காபி இன்ஸ்டன்ட் தூளிலிருந்து வரும். அதைப் பார்த்துப் பழகிய கண்ணோடு வீட்டு மெஷினை அணுகினால் குழப்பம்தான் மிஞ்சும்.

இனி வீட்டு மெஷினுக்கு வருவோம். கைப்பிடியைக் கழற்றி, சல்லடையை நெம்பி எடுத்து, கழுவித் துடைத்து, ஜன்னல் வெளிச்சத்துக்கு நேரே பிடித்துப் பாருங்கள். நூற்றுக்கணக்கான நுண்துளைகள் வழியே வெளிச்சம் தெரிந்தால் அது ஒற்றைச் சுவர்ச் சல்லடை. ஒவ்வொரு துளையும் சுமார் 0.3 மில்லிமீட்டர்தான் இருக்கும். உள்ளே நிறையத் துளை இருந்தும் வெளிச்சம் ஊடுருவாமல், அடிப்பக்கம் நடுவில் ஊசிமுனை அளவுக்கு ஒரே ஒரு துளை மட்டும் இருந்தால் அது இரட்டைச் சுவர்ச் சல்லடை. வாங்கும்போது முதலில் தெரிந்துகொள்ள வேண்டிய வேறுபாடு இதுதான்.

ஒற்றைச் சுவரில் நீரைத் தடுத்து நிறுத்துவது தூள் மட்டுமே. தூள் மிக நைஸாகவும் ஒரே சீராகவும் இருந்து, சமமாக அமுக்கப்பட்டிருந்தால்தான் 9 பார் அழுத்தம் உருவாகும். கொஞ்சம் கொரகொரப்பாக இருந்தாலும் பத்து விநாடிக்குள் குபுகுபுவென்று கொட்டிவிடும். கோப்பையில் இருப்பது புளித்த வெந்நீர். ரொம்ப நைஸாகப் போனால் ஒரு சொட்டும் இறங்காது, இறங்கினாலும் கசக்கும். இரட்டைச் சுவரில் அந்தத் தடுப்பு வேலையை அடியிலுள்ள ஒற்றைத் துளை எடுத்துக்கொள்கிறது. தூள் எப்படி இருந்தாலும் அழுத்தம் ஏறும், துளை வழியே பீய்ச்சும்போது நுரையும் எழும். அந்த நுரையைப் பார்த்துக் காபியின் தரத்தை எடைபோடக் கூடாது. பழைய தூளிலும் அது வரும். சுவையின் நுட்பம் கொஞ்சம் குறைந்தாலும் குடிக்கத் தகுந்த கப் தினமும் உறுதியாகக் கிடைக்கும்.

ஆகவே என் பரிந்துரையில் ஒளிவு மறைவு இல்லை. உங்கள் வீட்டில் கொட்டையை அரைக்க, அரைப்பின் அளவைப் படிப்படியாக மாற்றக்கூடிய கிரைண்டர் இல்லையென்றால், இரட்டைச் சுவரையே திரும்ப வாங்குங்கள். ஐ.எம்.எஸ்., வி.எஸ்.டி. போன்ற நிறுவனங்களின் துல்லியச் சல்லடைகள் அருமையானவைதான். துளைகள் ஒன்றுபோல் இருக்கும், சாறு எல்லாப் பக்கமும் ஒரே சீராக இறங்கும். ஆனால் மில்லில் பில்டருக்கென்று அரைத்து வாங்கிய தூளோடு அவற்றைச் சேர்ப்பது காசுக்குக் கேடு. பாராட்டுரைகளைப் படித்துவிட்டு அவற்றை வாங்கியவர்கள், அதே தூளில் அதே மெஷினில் முன்பைவிட மோசமான காபியைக் குடிக்கிறார்கள்.

சிக்கரி கலந்த தூள் இன்னொரு சிக்கல். நம் சட்டப்படி காபி–சிக்கரிக் கலவையில் காபி 51 சதவீதமாவது இருக்க வேண்டும். மிச்சம் 49 சதவீதம்வரை சிக்கரியாக இருக்கலாம். சிக்கரியின் பெரும்பகுதி நீரில் கரைந்து பிசுபிசுப்பாகும். பித்தளைப் பில்டரில் அதுவே டிகாஷனுக்குக் கெட்டித்தன்மை தருகிறது, அங்கே அதற்கு மரியாதை உண்டு. அழுத்தத்தில் வேலை செய்யும் சல்லடையில் அது துளைகளில் ஒட்டி அடைக்கிறது. சல்லடை கெட்டுப்போய்விட்டது என்று வருகிற புகார்களில் கணிசமானவை வெறும் அடைப்பாகத்தான் இருக்கும். புதிது வாங்கும் முன், மெஷினைச் சுத்தம் செய்ய விற்கும் பொடியை வெந்நீரில் கரைத்து அதில் இரவு முழுக்க ஊறவையுங்கள். அலுமினியச் சல்லடை என்றால் மட்டும் அந்தப் பொடி வேண்டாம், கறுத்துவிடும். வெறும் வெந்நீரும் பிரஷ்ஷும் போதும். ஊசியால் குத்துவதை நான் ஏற்கமாட்டேன். இரட்டைச் சுவரின் ஒற்றைத் துளை ஒருமுறை அகன்றுவிட்டால் அந்தச் சல்லடை பயன்படாது.

மாற்றித்தான் ஆக வேண்டும் என்றால் அளவு. வீட்டு மெஷின்களில் 51, 54, 58 மில்லிமீட்டர்கள் பரவலானவை. டெலோங்கி டெடிகா 51, ப்ரெவில் பாம்பினோ 54, காஜியா கிளாசிக், ரான்சிலியோ சில்வியா இரண்டும் 58. மற்ற மெஷின்களுக்கு விளம்பரத்தை நம்பாமல் பழைய சல்லடையின் உள்விட்டத்தை வெர்னியர் காலிப்பரால் அளந்துகொள்ளுங்கள். லேத் பட்டறையில் கேட்டால் அளந்து தருவார்கள். விட்டம் மட்டும் ஒத்துப்போனால் போதாது. ஆழத்தையும் பார்க்க வேண்டும். இரண்டு கப்புக்கான சல்லடையில் 14 கிராம் கொள்வதும் உண்டு, 18 கிராம், 20 கிராம் கொள்வதும் உண்டு. ஆழம் கூடியதை வாங்கினால் அது கைப்பிடியின் அடியில் இடிக்கலாம். ஆழமான சல்லடையில் பழைய அளவே தூள் போட்டால் மேலே வெற்றிடம் விழுந்து, காபி முடிந்தபின் சக்கை சேறாகக் கிடக்கும். சுவரில் வளையமாக ஒரு மேடு இருக்கிறதா என்றும் பாருங்கள். கைப்பிடிக்குள் இருக்கும் ஸ்பிரிங் கம்பி அதைத்தான் பிடித்துக்கொள்ளும். மேடில்லாத சல்லடை என்றால், சக்கையைத் தட்டும்போது அதுவும் குப்பைக்குப் போய்விடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

கைப்பிடி ஓரத்தில் நீர் கசிந்தால் குற்றம் பெரும்பாலும் சல்லடையில் இருக்காது, மேலே உள்ள ரப்பர் கேஸ்கெட்டில் இருக்கும். வெப்பத்தில் அது வருஷம் ஒன்றிரண்டில் கெட்டியாகிவிடும். ஈ61 வகைக்கே 8, 8.5, 9 மில்லிமீட்டர் தடிமன்களில் கேஸ்கெட் வருகிறது என்பதால் பழையதை அளக்காமல் வாங்கக் கூடாது.

பம்ப் இல்லாமல் ஆவியின் அழுத்தத்திலேயே ஓடும் சின்ன மெஷின்களும் நம் ஊரில் நிறைய விற்கின்றன. அவற்றுக்குத் துல்லியச் சல்லடையும் நைஸ் தூளும் ஆகாது. பில்டர் தூளே பொருத்தம். அடைத்துக்கொண்ட நிலையில் கைப்பிடியைத் திருகிக் கழற்றவே கூடாது. கொதிகலனுக்குள் ஆவி நிற்கும், கையையும் முகத்தையும் பொசுக்கிவிடும். மெஷினை நிறுத்தி, ஆவிக் குழாயைத் திறந்து அழுத்தம் முழுக்க வெளியேறி ஆறிய பிறகே கழற்ற வேண்டும்.

சல்லடையைப் போலவே மாற்ற வேண்டிய இன்னொன்று, தண்ணீர்த் தொட்டிக்குள் போடும் பில்டர். மெஷின் எத்தனை வருஷம் ஓடும் என்பதை உண்மையில் இதுதான் தீர்மானிக்கிறது. மலையிலிருந்து நேரே ஓடிவரும் நீரில் பொதுவாக உப்பு குறைவு. பாறை நிலத்தைத் துளைத்து எடுக்கும் போர்வெல் நீரில் கால்சியமும் மக்னீசியமும் கரைந்திருக்கும். சூடானதும் கால்சியம் சுண்ணாம்பாகப் படிந்து மெல்லிய குழாய்களை அடைத்துவிடும். கெட்டிலின் அடியில் வெள்ளையாகப் படிவது அதுவே. குடிநீரில் கடினத்தன்மை லிட்டருக்கு 200 மில்லிகிராமுக்குள் இருப்பது நல்லது என்றும், வேறு நீர் கிடைக்காதபோது 600 வரை ஏற்கலாம் என்றும் இந்தியத் தர நிர்ணயம் சொல்கிறது. குடிக்கும் நம் உடம்புக்குப் போட்ட வரம்பு அது. காபி மெஷினுக்கு 600 என்பது மெல்லச் சாகடிக்கும் அளவு.

தொட்டி பில்டரில் இரண்டு பொருள்கள் உண்டு. குளோரின் வாடையை உறிஞ்சும் கரி ஒன்று, அது பெரும்பாலும் கொட்டாங்குச்சியிலிருந்து தயாராவது. கால்சியத்தைப் பிடித்துக்கொண்டு வேறு அயனியை விடுவிக்கும் ரெசின் மணிகள் மற்றொன்று. ரெசினுக்குக் கொள்ளளவு உண்டு. இரண்டு மாதத்துக்கு ஒருமுறை மாற்றுங்கள் என்று உறையில் அச்சிட்டிருப்பது நடுத்தரக் கடினத்தன்மையை மனதில் வைத்து. உங்கள் நீரில் அதைப்போல இரண்டு மடங்கு கடினம் இருந்தால் ஒரே மாதத்தில் ரெசின் தீர்ந்துவிடும். பில்டர் உள்ளே இருப்பதாக நீங்கள் நம்பிக்கொண்டிருக்க, சுண்ணாம்பு தன் வேலையைத் தொடரும். ஆகவே மலிவான பில்டரா, கம்பெனி பில்டரா என்று யோசிக்கும் முன் தண்ணீரைச் சோதியுங்கள். தமிழ்நாடு குடிநீர் வடிகால் வாரியத்தின் மாவட்ட ஆய்வகத்தில் கட்டணம் செலுத்திச் சோதித்துக்கொள்ளலாம். கையில் பிடிக்கும் டி.டி.எஸ். மீட்டர் மொத்த உப்பைக் காட்டுமே தவிர கடினத்தன்மையைத் தனியாகக் காட்டாது.

வீட்டில் ஆர்.ஓ. இருந்தால் ரெசின் பில்டருக்குச் செலவு செய்ய வேண்டியதில்லை. அதற்காக டி.டி.எஸ். பத்து, இருபது என்று காட்டும் வெறும் நீரையும் ஊற்ற வேண்டாம். காபி சப்பென்று இருக்கும், உலோகமும் அரிக்கும், சில மெஷின்களின் சென்சாருக்குத் தொட்டியில் தண்ணீர் இருப்பதே தெரியாது. பல ஆர்.ஓ. கருவிகளில் உப்பளவைக் கூட்டிக் குறைக்கும் திருகு இருக்கும். அதைத் திருப்பி டி.டி.எஸ். 100-க்கும் 150-க்கும் இடையில் வைத்துக்கொண்டால் மெஷினுக்கும் நாக்குக்கும் நல்லது.

சல்லடையை மாற்றியபின் முதல் கப்பை எந்தத் தூளில் போடுகிறீர்கள் என்பதும் முக்கியம். ஒட்டன்சத்திரத்திலிருந்து பாச்சலூர் வழியாகவோ, வத்தலக்குண்டிலிருந்தோ தாண்டிக்குடிப் பக்கம் போகும் வாய்ப்பு வந்தால், சிக்கரி கலக்காத, புதிதாக வறுத்த அராபிகாவைக் கேட்டு வாங்குங்கள். கால் கிலோவுக்கு மேல் வேண்டாம், வறுத்த காபி சில வாரங்களில் மணம் இழந்துவிடும். கிரைண்டர் இல்லாதவர்கள், எஸ்பிரெஸ்ஸோவுக்கு வேண்டும் என்று சொல்லி, பில்டருக்கு அரைப்பதைவிட ஒரு படி நைஸாக அரைத்துத் தரச் சொல்லுங்கள்.