மழைக் கணிப்பும் மனக் கவலையும்

யாழ்ப்பாணக் குடாநாட்டில் வற்றாத நதி ஒன்றேனும் இல்லை. வழுக்கியாறும் மாரியில் மட்டுமே ஓடும். சுண்ணாம்புப் பாறைக்குள் மழை சேர்த்துவைக்கும் நீரே கிணறுகளில் ஊறி நம்மை வாழ்விக்கின்றது. ஆதலின், மழை எப்பொழுது வரும் என்னும் கேள்வி இங்கு வீண்பேச்சன்று. தென்மராட்சியில் மானாவாரி நெல் விதைப்போர் முந்தி விதைத்து மழை பிந்தினால் விதை கெடும்; பிந்தி விதைத்தாலோ இளம்பயிர் வெள்ளத்தில் மூழ்கும்.

இக்கேள்விக்கு விடை கூற இன்று செயற்கை நுண்ணறிவு துணைக்கு வந்துள்ளது. 2023ஆம் ஆண்டில் வெளியான 'கிராப்காஸ்ட்' என்னும் முறை, ஏறக்குறைய 40 ஆண்டுகால வானிலைத் தரவுகளைக் கற்று, அடுத்த 10 நாள்களின் உலக வானிலையை ஒரு நிமிடத்துக்குள் கணிக்க வல்லது. ஐரோப்பிய நடுத்தரகால வானிலை முன்னறிவிப்பு நிலையமும் 2025 பெப்ரவரியில் இத்தகைய முறையொன்றை அன்றாடப் பணியிற் சேர்த்துக்கொண்டது.

ஆயினும் நம் மனம் அமைதி பெற்றதா? மழைக்கு 70 வீத வாய்ப்பு உண்டென்று கைத்தொலைபேசி காட்டினால், எஞ்சிய 30 வீதத்தை எண்ணி உறக்கம் இழக்கின்றோம். நாழிகைக்கொருமுறை மீண்டும் பார்க்கின்றோம். எதிர்காலம் முழுவதும் நம் கைப்பிடிக்குள் அடங்கவேண்டும் என்னும் ஆசையே இதற்குக் காரணமாம்.

அவ்வாசை நிறைவேறாது என்பதை விஞ்ஞானமே காட்டிற்று. 1961இல் எட்வேட் லோறென்ஸ் என்னும் அமெரிக்க அறிஞர், கணனியில் 0.506127 என்னும் எண்ணுக்குப் பதிலாக 0.506 என இட்டார். அச்சிறு வேறுபாடு வளர்ந்து, சில மாதக் கணிப்புக்குள் முற்றிலும் வேறான வானிலையைத் தந்தது. வளிமண்டலத்தின் இயல்பே அத்தகையது. ஏறக்குறைய இரண்டு வாரங்களுக்கு அப்பால் ஒவ்வொரு நாளின் வானிலையையும் திட்டமாகக் கூறல் அரிது.

70 வீதம் என்பதன் பொருள், இத்தகைய பத்து நாள்களில் ஏழு நாள்கள் மழை பெய்யும் என்பதே. எந்த ஏழு என்பதை அவ்வெண் சொல்லாது. அறிந்த கமக்காரன் அதனை ஒருமுறை நோக்குவான், வாய்க்காலைத் துப்புரவாக்குவான், விதைநெல்லில் ஒரு பகுதியை மறு விதைப்புக்கென ஒதுக்குவான், பின்னர் உறங்கச் செல்வான்.

பரீட்சை எழுதி முடித்தபின் வெட்டுப்புள்ளியை நாள்தோறும் ஊகித்து வாடும் மாணவருக்கும், அவர்தம் பெற்றோருக்கும் நாம் கூறுவது இதுவே: கணிப்பைக் கேளுங்கள், ஆயத்தம் செய்யுங்கள், அதற்குமேல் எண்ணி எண்ணி ஏங்குவதால் ஒரு புள்ளியும் கூடாது, ஒரு துளியும் பெய்யாது.