பனியில்லாப் பாதையில் நாய்வண்டி

பொழுது இன்னும் புலராத காலை ஆறு மணிக்கு, பிரிக்பீல்ட்ஸில் நான் குடியிருக்கும் அடுக்குமாடிக் கட்டடத்தின் வாசலிலிருந்து, அடர்ந்த ரோமமும் நீலக் கண்களும் கொண்ட ஒரு ஹஸ்கி நாயை அதன் எஜமானர் வெளியே அழைத்து வருவார். கழுத்துவாரில் தன் எடை முழுவதையும் சாய்த்து, முன்னங்கால்களைத் தரையில் அழுத்தி, எதையோ நெடுந்தூரம் கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டிய கடமை தனக்கு இருப்பதுபோல அந்த நாய் அவரை இழுத்துக்கொண்டே துன் சம்பந்தன் சாலை வரை போகும். ஏழரை மணிக்கு வெயில் ஏறத் தொடங்கியதும் உள்ளே போய்விட்டால், மறுபடி அதன் முகத்தை இருட்டிய பிறகுதான் பார்க்கலாம். பகல் முழுவதும் அதற்குக் குளிரூட்டிய அறைதான் உலகம்.

கிள்ளானிலிருந்து என் தங்கை மகள் ஒரு நாள் தொலைபேசியில் அழைத்து, "மாமா, வர்ற ஜூன் லீவுல அலாஸ்கா போறோம். நாய் இழுக்கிற வண்டியில ஏறணும்னு பையன் ஒத்தைக் கால்ல நிக்கிறான். ஆனா அப்ப அங்க பனியே இருக்காதாமே, போயி என்னத்தப் பாக்கிறது?" என்று கேட்டபோது, எனக்கு இந்த நாயின் நினைவுதான் முதலில் வந்தது. "பனி இருக்காதும்மா, நாய் இருக்கும்ல" என்றேன்.

அந்த விடையை விரித்துச் சொல்லவே இதை எழுதுகிறேன். நாய்கள் இழுக்கும் சறுக்குவண்டி என்றதும் நம் மனக்கண்ணில் எழுவது பரந்த வெண்பனி வெளிதான். ஆனால் பனி அந்த வித்தையின் பாதையே தவிர, அதன் உயிர் அன்று. வடதுருவத்தை அடுத்த நாடுகளில் பனி உருகிப் போகும் மாதங்களிலும் நாய்கள் இழுப்பதை அடியோடு மறந்துவிடுவதில்லை. கோடை தணிந்து இலையுதிர் காலம் தொடங்கியதும், முதற்பனி விழுவதற்கு முன்பே, சக்கரம் பூட்டிய வண்டிகளிலும் நான்கு சக்கர மோட்டார் வண்டிகளிலும் அவற்றைக் கட்டிப் பழக்குகிறார்கள். பனிக்காலத்தில் பல நூறு மைல் ஓடப்போகும் நாயின் தசைகளும் நுரையீரலும் அந்த மண்பாதையில்தான் உருவாகின்றன. ஆகவே பனியில்லாத காலத்தில் வரும் பிரயாணிக்குச் சக்கரவண்டியில் இடம் தருவது, இல்லாத ஒன்றுக்குப் பதிலாகக் காட்டும் போலி வேடிக்கை அன்று.

சில வருஷங்களுக்கு முன் ஒரு ஜூன் மாதத்தில், அலாஸ்காவின் தென்கரையிலுள்ள சீவார்ட் நகருக்கு வெளியே இருந்த ஒரு நாய்ப்பண்ணைக்கு நான் போயிருந்தேன். கோலாலம்பூரில் நல்ல மழைநாளிலும் காணக் கிடைக்காத பன்னிரண்டு பாகைக் குளிர். ஊசியிலை மரங்களின் நடுவே வெட்டவெளி. அதில் வரிசை வரிசையாகச் சின்னஞ்சிறு மரக்கூண்டுகள். ஒவ்வொன்றின் கூரைமேலும் ஒரு நாய். பிரிக்பீல்ட்ஸ் ஹஸ்கியைப் போன்ற கம்பீர உருவங்களை எதிர்பார்த்துப் போன எனக்கு முதலில் ஏமாற்றமே உண்டாயிற்று. ஒல்லியான உடம்பு, நீண்ட கால்கள், கறுப்பும் பழுப்புமாக ஒன்றோடொன்று ஒவ்வாத நிறங்கள். நம் ஊர்த் தெருநாய்களோடு கலந்து நின்றால் பிரித்தறிவது கடினம். இவைதாம் அலாஸ்கா ஹஸ்கி எனப்படுபவை. அழகுப் போட்டிக்காக வம்சம் பார்த்து வளர்க்கப்பட்டவை அல்ல; ஓட்டத்தையும் உழைப்பையும் மட்டுமே அளவுகோலாக வைத்துப் பல இனங்களைக் கலந்து உண்டாக்கியவை. இருபது முதல் இருபத்தைந்து கிலோதான் எடை.

பண்ணைக்காரர் தோள் நிறைய வார்களைப் போட்டுக்கொண்டு வெளியே வந்தார். அவ்வளவுதான், அறுபது எழுபது நாய்களும் ஒரே சமயத்தில் ஊளையிடவும் துள்ளவும் தொடங்கின. இன்றைக்குத் தன்னைத்தான் தேர்ந்தெடுக்க வேண்டும் என்று ஒவ்வொன்றும் மன்றாடியதாகவே எனக்குத் தோன்றிற்று. பதினான்கு நாய்களை அவிழ்த்து வந்து, நடுவடம் ஒன்றின் இரு பக்கங்களிலும் இரண்டிரண்டாகப் பூட்டினார்கள். நம் பாட்டன்மார் கிள்ளானிலும் கோலாலம்பூரிலும் மாட்டுவண்டி ஓட்டிய காலத்தில், காளையின் கழுத்தில் நுகத்தடி அமர்ந்து திமிலுக்கு முன்னே பாரத்தை ஏற்றிற்று. இங்கோ மார்பைச் சுற்றிய மெத்தென்ற வார் ஒன்று முதுகின் வழியாக வாலருகே போய் வடத்தோடு சேர்கிறது. மூக்கணாங்கயிறு இல்லை, கடிவாளம் இல்லை, சாட்டையும் இல்லை. ஓட்டுபவருக்கும் நாய்களுக்கும் இடையே உள்ள ஒரே தொடர்பு குரல். வலப்புறம் திரும்ப 'ஜீ', இடப்புறம் திரும்ப 'ஹா', புறப்பட 'ஹைக்', நிற்க 'வோ': அவர்களுடைய பரிபாஷை பெரும்பாலும் இந்த நான்கு சொற்களில் அடங்கிவிடுகிறது. அச்சொற்களைக் கேட்டுப் புரிந்துகொண்டு வழி காட்டுபவை முன்வரிசை நாய்கள் இரண்டு. வண்டியை ஒட்டிப் பின்வரிசையில் நிற்பவை பாரத்தின் முதல் இழுப்பைத் தாங்கும் பலசாலிகள்.

ஆறு பேர் உட்காரக்கூடிய அந்த இரும்புவண்டி, பின்னால் ஒரு மரத்தூணோடு தடித்த கயிற்றால் கட்டப்பட்டிருந்தது. கட்டாவிட்டால், நாங்கள் ஏறுவதற்குள் நாய்கள் அதை இழுத்துக்கொண்டு போய்விடும். துள்ளலும் குரைப்பும் காதைப் பிளந்தன. பக்கத்தில் இருந்தவர் சொன்னது எனக்குக் கேட்கவில்லை. பண்ணைக்காரர் குனிந்து அந்தக் கயிற்றின் முடிச்சை ஒரே சுண்டில் அவிழ்த்தார்.

அந்தக் கணமே ஓசை அனைத்தும் நின்றுவிட்டது. பதினான்கு நாய்களும் வாய் மூடி, தலை தாழ்த்தி, முதுகுகள் ஒரே அலையாக ஏறி இறங்க ஓடின. சக்கரத்தின் கீழே சரளைக்கல் நொறுங்கும் ஒலியும், ஐம்பத்தாறு பாதங்கள் மண்ணைத் தொடும் மெல்லிய ஒலியும், அவற்றின் மூச்சும் தவிர வேறொன்றும் கேட்கவில்லை. அவ்வளவு பேரிரைச்சலும் எதற்காக என்பது அப்போதுதான் எனக்கு விளங்கிற்று: இழுக்க விடாமல் நிறுத்தி வைத்ததற்கான முறையீடு அது. பத்துமலைக்குப் புறப்படும் தேருக்கு வடம் பிடித்தவர்களுக்குத் தெரியும், பாரம் அசையத் தொடங்கும் அந்த ஒரு நொடியில் உடம்பில் பரவும் உவகை. அதை ஒரு பிராணியின் முதுகில் கண்ணால் கண்டது எனக்கு அன்றுதான் முதல் தடவை. பனிக்காலத்தில் போயிருந்தால், கம்பளிகளுக்குள் முகம் புதைத்து, பனியின் அழகில் மயங்கி, நாயைப் பார்க்காமலே திரும்பியிருப்பேன் என்று இன்றும் நினைக்கிறேன்.

ஓட்டம் இரண்டு மைல்தான். நடுவழியில் நிறுத்தி எல்லா நாய்களுக்கும் தண்ணீர் காட்டினார்கள். ஒன்றிரண்டு ஓடைச் சகதியில் வயிறு படியப் படுத்துக்கொண்டன. பன்னிரண்டு பாகை நமக்கு நடுக்கம், அவற்றுக்கோ வெப்பம். நாய்க்கு நம்மைப்போல மேனியெங்கும் வியர்ப்பதில்லை. பாதங்களில் சிறிது வியர்வை, மற்றபடி நாக்கை நீட்டி இரைத்து, அந்த ஈரம் ஆவியாவதால்தான் உடற்சூட்டைத் தணித்துக்கொள்கிறது. காற்றிலேயே ஈரம் நிறைந்திருந்தால் அந்த ஆவியும் போக வழியில்லை. நண்பகலில் முப்பத்திரண்டு பாகையைத் தாண்டி, விடிகாலையிலும் இருபத்து நான்குக்குக் கீழே அதிகம் இறங்காமல், எந்நேரமும் புழுக்கம் நிறைந்த நம் கிள்ளான் பள்ளத்தாக்கில் ஒரு ஹஸ்கியை வண்டியில் பூட்டுவது கொடுமையே ஆகும். ஷா ஆலம் ஐ-சிட்டியில் செயற்கைப் பனிக்கூடம் ஒன்று உண்டு; குழந்தைகளுக்குப் பனி என்றால் என்ன என்று காட்ட அது போதும். நாயைப் பார்க்க வேண்டுமானால் நாய் சுகமாக இருக்கும் இடத்துக்கு நாம்தான் போக வேண்டும்.

வெப்பநாட்டாருக்கும் இந்த வித்தைக்கும் சம்பந்தமே இல்லை என்று நான் சொல்லவில்லை. ஜமைக்காத் தீவில், பிராணி வதைத் தடுப்புச் சங்கத்தின் காப்பகத்திலிருந்து எடுத்த அநாதை நாய்களைக் கொண்டே ஒரு நாய்வண்டிக் குழுவை அமைத்து, சக்கரவண்டியில் பழக்கினார்கள். அந்த நாய்கள் வெயிலில் பிறந்தவை. குறுகிய ரோமம் உடையவை. அக்குழுவில் பயின்ற நியூட்டன் மார்ஷல் என்பவர், பிறகு வடக்கே போய் ஹஸ்கிகளோடு பயிற்சி பெற்று, 2010ஆம் ஆண்டில் அலாஸ்காவின் புகழ்பெற்ற இடிடராட் பந்தயத்தில், ஏறத்தாழ ஆயிரம் மைல் தூரத்தை ஓட்டி முடித்தார். பனியே விழாத தீவில் சக்கரத்தில் கற்ற கல்வி பனியில் பயன்பட்டதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

சக்கரம் வேண்டாம், பனியில்தான் போவேன் என்று பிடிவாதம் உள்ளவர்களுக்கும் ஜூன் மாதத்தில் வழி உண்டு. அலாஸ்காவின் ஜூனோ நகரிலிருந்து ஹெலிகாப்டரில் பனிப்பாறை மேல் இறக்கிவிடுகிறார்கள்; அங்கே கோடை முழுவதும் நாய்களுக்கு முகாம் அமைத்திருக்கிறார்கள். செலவு மிக அதிகம். மேகம் இறங்கினால் பயணம் ரத்தாகும். நம்மவர்களுக்கு இன்னும் அருகில் ஒரு வழி: கோலாலம்பூரிலிருந்து எட்டு மணி நேரத்தில் மெல்பர்ன். தென்கோளத்தில் ஜூலையும் ஆகஸ்டும் கடுங்குளிர்காலமாகையால், விக்டோரியா மாநிலத்தின் பாவ் பாவ் மலையிலும் ஹோதம் மலைப் பக்கத்திலும் அப்போது சறுக்குவண்டிகள் ஓடுகின்றன.

ஆனால் பனியில்லாத காலத்தில் போகிறவர் தெரிந்துகொள்ள வேண்டிய விஷயம் இன்னொன்று உண்டு. எனக்கு அதுவே முக்கியமாகப் படுகிறது. பனி நாலைந்து மாதம்; நாய்க்குப் பசியோ பன்னிரண்டு மாதம். நெடும்பந்தயம் ஓடும் நாளில் ஒரு நாய்க்குப் பத்தாயிரம் கலோரி வரை ஆகாரம் வேண்டியிருக்கிறது; ஓடாத நாளில் அவ்வளவு வேண்டாம் என்றாலும், வருமானமில்லாத மாதங்களிலும் நூறு வயிற்றுக்கு இரை போட்டாக வேண்டும். 2010ஆம் ஆண்டில் கனடாவின் விஸ்லர் பகுதியில், குளிர்கால ஒலிம்பிக் கூட்டம் கலைந்து வியாபாரம் படுத்தபின், நூறு நாய்கள் வரை கொன்று புதைக்கப்பட்டதாக மறு ஆண்டில் செய்தி வெளியாயிற்று. குழியைத் தோண்டியபோது ஐம்பதுக்கும் மேற்பட்ட உடல்கள் அகப்பட்டன. அந்த அதிர்ச்சியின் விளைவாகவே பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணம் 2012இல் சறுக்குவண்டி நாய்களின் பராமரிப்புக்கென்று தனி விதிகளை வகுத்தது. நாய்களைச் சங்கிலியில் கட்டி வைப்பதையும், நெடும்பந்தயங்களில் நாய்கள் இறப்பதையும் கண்டிப்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள். அவர்கள் கேள்வியைத் தள்ளிவிட முடியாது.

ஆகையால் என் தங்கை மகளுக்கு நான் சொன்னது இதுதான்: பணம் கட்டுமுன் கேள். வெயில் எத்தனை பாகை ஏறினால் ஓட்டத்தை நிறுத்துவீர்கள், ஒரு நாய் ஒரு நாளைக்கு எத்தனை முறை ஓடும், ஓடமுடியாத கிழநாய்கள் எங்கே இருக்கின்றன என்று கேள். நேர்மையான பண்ணைக்காரர் முகம் சுளிக்காமல் பதில் சொல்வார். கோடையில் நாம் கொடுக்கும் காசு அந்தக் கிழநாயின் தட்டுக்கும் போய்ச் சேருமானால், நம் பயணத்தால் அதற்கும் பிரயோஜனம் உண்டு.

பனியின் நிலைமையும் அலாஸ்காவில் முன்போல இல்லை. 1925இல் நோம் என்ற ஊரில் தொண்டையடைப்பான் நோய் பரவியபோது, இருபது ஓட்டிகளும் ஏறத்தாழ நூற்றைம்பது நாய்களும் மாறி மாறி 674 மைல் ஓடி, ஐந்தரை நாளில் மருந்தைக் கொண்டு சேர்த்த நாடு அது. அந்த நாட்டில் 2003, 2015, 2017, 2025 ஆகிய ஆண்டுகளில் வழக்கமான தடத்தில் பனி போதாமல் இடிடராட் பந்தயத்தின் புறப்பாட்டை வடக்கே ஃபேர்பேங்ஸுக்கு மாற்ற நேர்ந்தது. 2016இல் ஆங்கரேஜ் நகர வீதிகளில் நடக்கும் தொடக்க விழாவுக்கு ரயிலில் பனியைக் கொண்டுவந்து கொட்டினார்கள். அங்கே வளரும் குட்டிகள் இனிச் சக்கரத்தடத்தை அதிகமாகவே அறிந்து வளரும் போலும்.

அன்று சீவார்ட் பண்ணைக்கு நாங்கள் திரும்பி வந்தபோது, கூண்டின்மேல் ஒரு முதிய நாய் நின்றுகொண்டிருந்தது. பதின்மூன்று வயது, முகவாய் முழுதும் நரைத்து, ஒரு கண்ணில் வெண்படலம். ஒரு காலத்தில் முன்வரிசையில் ஓடியதாம். கயிறு அவிழ்ந்த நேரத்திலிருந்து நாங்கள் திரும்பும் வரை அது கீழே இறங்கவேயில்லை என்று பண்ணைக்காரர் சொல்லிக்கொண்டே, வேலை முடிந்த வார் ஒன்றை அதன் தலைவழியே போட்டுவிட்டு, பக்கத்திலிருந்த வெறும் வாளியை அதில் கட்டினார். அது மெல்லக் கீழே இறங்கி, மார்பை முன்னே தள்ளி, வாளி மண்ணில் உராய, முற்றத்தை ஒரு சுற்று இழுத்து வந்து நின்றது.