மணப்பெண் அலங்காரம்: ட்ரையல் பார்க்க வேண்டுமா?

நிக்காஹ் தேதி குறித்தாயிற்று. மண்டபத்துக்கு அட்வான்ஸ் கொடுத்து, பிரியாணி மாஸ்டரிடமும் பேசியாயிற்று. அடுத்தது பியூட்டிஷியன். போன் செய்தால் அவர் கேட்கும் முதல் கேள்விகளில் ஒன்று, "ட்ரையல் வேணுமாம்மா?" என்பது. திருமணத்துக்குச் சில வாரம் முன்பு மணப்பெண்ணை உட்காரவைத்து, அன்றைக்குச் செய்யப்போகும் தலை அலங்காரத்தையும் மேக்கப்பையும் ஒருமுறை செய்து காட்டுவதைத்தான் ட்ரையல் என்கிறார்கள். சிலர் தனிக் கட்டணம் வாங்குவார்கள். சிலர் மொத்தத் தொகையில் கழித்துக்கொள்வார்கள். பூந்தமல்லியில் கேட்டால் ஒரு விலை, அண்ணா நகரில் கேட்டால் வேறொரு விலை.

நகையை அடகு வைத்துக் கல்யாணம் செய்கிற வீட்டில், "ஒரே முகத்துக்கு ரெண்டு தடவை பணமா?" என்று அத்தா கேட்பது நியாயம்தான். எல்லா வீட்டுக்கும் ட்ரையல் தேவையில்லை. நிக்காஹ் மஸ்ஜிதில் எளிமையாக நடக்கிறது, பெண் வீட்டில் இருக்கிறாள், மச்சியோ சாச்சியோ லேசாக அலங்கரிக்கப்போகிறார்கள் என்றால் இந்தச் செலவைத் தாராளமாக விட்டுவிடலாம். ஆனால் சில பிள்ளைகளுக்கு அது அவசியம். யாருக்கு என்பதை முதலில் தோலைப் பார்த்து முடிவு செய்யுங்கள், பணத்தைப் பிறகு பார்க்கலாம்.

சோப்பு மாற்றினாலே அரிக்கிற தோல், கவரிங் கம்மல் போட்டால் காது புண்ணாவது, முகப்பரு மருந்து பூசிக்கொண்டிருப்பது, ஹேர் ஸ்ப்ரே வாடையில் இளைப்பு வருவது, கண்ணில் லென்ஸ் போடுவது, இவற்றில் ஒன்று இருந்தாலும் கல்யாணத்தன்று காலையில் முதன்முதலாக ஒரு புதுப் பொருளை முகத்தில் ஏற்றுவது ஆபத்து. ஒவ்வாமை உடனே தெரியவேண்டும் என்பதில்லை. பூசி ஒருநாள், இரண்டு நாள் கழித்தும் தடிப்பும் வீக்கமும் வரலாம். காலையில் போட்ட மேக்கப்பின் விளைவு மறுநாள் வலீமா மேடையில் தெரிந்தால் என்ன செய்ய முடியும்? முழு ட்ரையலுக்கு வசதி இல்லாதவர்கள் ஒன்றை மட்டும் கேளுங்கள்: பயன்படுத்தப்போகும் ஃபவுண்டேஷனையும், ஒட்டு இமைக்கான பசையையும் முழங்கையின் உட்பக்கம் கொஞ்சம் தடவிவிடச் சொல்லி, இரண்டு மூன்று நாள் பாருங்கள். ஐந்து நிமிட வேலை. இதற்கு மறுக்கிறவரை நம்பி முகத்தைக் கொடுக்க வேண்டாம்.

மருதாணிக்கும் இதே கவனம் வேண்டும். அரைத்த மருதாணி முதலில் ஆரஞ்சாகப் பிடித்து, ஓரிரு நாளில் கருஞ்சிவப்பாக மாறும். கோனிலிருந்து போட்டு ஒரு மணி நேரத்திலேயே கன்னங்கரேலென்று பிடித்தால், அது மருதாணி இலையின் நிறமே அல்ல. தலைச்சாயத்தில் இருக்கும் பி.பி.டி. என்ற ரசாயனம் அதில் கலந்திருக்க வாய்ப்பு அதிகம். கை கொப்பளித்துப் போவது ஒரு துன்பம். அதைவிடப் பெரிய துன்பம், உடம்பு ஒருமுறை அந்த ரசாயனத்தை எதிர்க்கத் தொடங்கிவிட்டால் பின்னாளில் தலைக்குச் சாயம் பூசும்போதெல்லாம் மறுபடி வரும். (கல்யாணத்துக்காக அவசரமாகத் தலைக்குச் சாயம் அடிக்கும் பெரியம்மாக்களுக்கும் இது பொருந்தும்.)

இன்னொன்றைச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். ட்ரையலுக்குப் போன இடத்தில், "இன்னும் ஒரு மாசம் இருக்கே, இந்த கிரீம் போடுங்க, பிள்ளை நல்லா வெளுத்துடும்" என்று பெயர் தெரியாத டப்பா ஒன்று கைக்கு வரலாம். கேரளத்தில் மலப்புறம் மாவட்டம் கோட்டக்கல்லில் 2021 ஜூலை முதல் 2023 செப்டம்பர் வரை மருத்துவர்கள் கவனித்த ஒரு வகைச் சிறுநீரக நோயாளிகள் 22 பேர். அவர்களில் 15 பேருக்கு இருந்தது அந்நோயின் அரிதான ஒரு பிரிவு. அந்த 15 பேரில் 13 பேர் முகம் வெளுக்கும் கிரீம் பூசி வந்தவர்கள். காரணம் பாதரசம். அது மெலனின் உருவாவதைத் தடுக்கும், அதனால் முகம் சீக்கிரம் வெளுக்கும். அதே பாதரசம் தோல் வழியாக உள்ளே போய்ச் சிறுநீரகத்தைத் தாக்கும். சிறுநீரில் புரதம் இறங்கி, கால் வீங்கி, நுரை நுரையாகச் சிறுநீர் போனபிறகுதான் பலருக்குத் தெரியவருகிறது. கிரீமை நிறுத்தியதும் பெரும்பாலோர் தேறினார்கள் என்பது ஆறுதல். 2023இல் கேரள மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை இத்தகைய கிரீம்களைத் தேடிச் சோதனையும் நடத்தியது.

நம் நாட்டின் 2020ஆம் ஆண்டு அழகுசாதன விதிகளின்படி, கண்ணுக்குப் போடுபவை தவிர மற்றவற்றில் தற்செயலாகக் கலந்த பாதரசம்கூடப் பத்து லட்சத்தில் ஒரு பங்கைத் தாண்டக் கூடாது. தயாரித்தவர் பெயர், முகவரி, உரிம எண், பேட்ச் எண், காலாவதித் தேதி எல்லாம் டப்பாவில் இருக்க வேண்டும். வெளிநாட்டுப் பொருளானால் இறக்குமதிப் பதிவு எண் வேண்டும். துபாயிலிருந்து மாமா அனுப்பியது என்பதால் ஒரு கிரீம் நல்லதாகிவிடாது. மாநிறப் பிள்ளையை ஒரு மாதத்தில் வெளுக்கவைத்துக் கொடுக்கும்படி மாப்பிள்ளை வீட்டில் யாரும் கேட்டார்களா என்ன!

சரி, ட்ரையல் பார்ப்பது என்று முடிவாகிவிட்டால் அதை முழுமையாகப் பாருங்கள். கட்டப்போகும் புடவையின் ரவிக்கை, துப்பட்டா, நகை எல்லாவற்றையும் எடுத்துச் செல்லுங்கள். கொண்டையை உயரமாகத் தூக்கிக் கட்டிவிட்டு, அதன்மேல் முக்காடு நிற்காமல் வழுக்கிக்கொண்டே இருக்கும் அவஸ்தையை எத்தனை மேடையில் பார்த்திருக்கிறோம்! மாமியாரும் நாத்தனாரும் கருகமணி கட்ட வரும்போது பின்கழுத்தில் கை போக இடம் வேண்டும். ஊசியும் ஸ்ப்ரேயுமாகக் கொண்டை அங்கே அடைத்துக்கொண்டிருந்தால் பிள்ளைக்கு வலி, கட்டுகிறவருக்குத் தடுமாற்றம். இதை முன்கூட்டியே உட்காரவைத்துப் பார்த்துவிடலாம்.

மேக்கப்பை ஏசி அறையில் பார்த்துவிட்டு உடனே கழுவிவிடாதீர்கள். வீட்டுக்கு வந்து ஐந்தாறு மணி நேரம் அப்படியே இருக்கட்டும். வேர்க்கட்டும். டியூப் லைட்டிலும் வெயிலிலும் ஃபிளாஷ் போட்டும் படம் எடுங்கள். சில பவுடர்கள் கண்ணுக்குத் தெரியாமல் இருந்து, ஃபிளாஷில் மட்டும் முகத்தை வெள்ளை வெளேரென்று காட்டும். உளூவையும் அன்றே யோசியுங்கள். தண்ணீர் ஊடுருவாத மேக்கப்பும் நகப்பூச்சும் தோலிலும் நகத்திலும் தண்ணீர் படவிடாது. எந்தத் தொழுகைக்குள் மேக்கப்பைத் தொடங்குவது, எதை வைத்து எவ்வளவு நேரத்தில் கலைப்பது என்பதை பியூட்டிஷியனிடம் கேட்டு நேரம் குறித்துக்கொள்ளலாம். புருவம் எடுப்பது, சவுரி முடி சேர்ப்பது போன்றவை பல இடங்களில் கேட்காமலே செய்யப்படுகின்றன. வேண்டாம் என்றால் உட்காரும் முன்பே சொல்லிவிடுங்கள்.

பிள்ளையின் வாயைத் திறக்க விடுங்கள். கண்ணாடியைப் பார்த்து அவள் முகம் சுளித்தால், "நல்லாத்தானே இருக்கு" என்று அம்மாவே முந்திக்கொள்ள வேண்டாம். லிப்ஸ்டிக் குறையணும், மை குறையணும் என்று அவள் சொல்ல இருக்கும் நாள் அதுதான். கல்யாணத்தன்று கூட்டத்துக்கு நடுவே சொல்ல மாட்டாள்.

பணம் கொடுக்கும் முன் இரண்டு விஷயத்தை வாட்ஸ்அப்பிலாவது எழுத்தில் வாங்கிவிடுங்கள். ஒன்று, ட்ரையல் கட்டணம் மொத்தத்தில் கழியுமா, பிடிக்காமல் வேறு ஆளிடம் போனால் அட்வான்ஸ் திரும்புமா. மற்றொன்று, படம். தங்கள் வேலையைக் காட்ட மணப்பெண்ணின் முகத்தை இன்ஸ்டாகிராமில் போடுவது பல பியூட்டிஷியன்களின் வழக்கம். வேண்டாம் என்றால் ட்ரையல் படத்துக்கும் சேர்த்தே சொல்லுங்கள். அறையில் ஆண் உதவியாளர் இருப்பாரா, கேமரா இருக்கிறதா என்பதையும் போனிலேயே கேட்டுவிட்டால் அங்கே போய்ச் சங்கடப்பட வேண்டியதில்லை.