பிடியாணை உண்டு, பிடித்துத் தர நாடு வேண்டும்

இனப்படுகொலை, போர்க்குற்றம், மானுடத்துக்கு எதிரான குற்றம் ஆகியவற்றுக்காகத் தனிமனிதர்களை விசாரிக்கும் சர்வதேசக் குற்றவியல் நீதிமன்றம், 1998-இல் ரோமில் ஏற்கப்பட்ட உடன்படிக்கையால் உருவாகி, நெதர்லாந்தின் ஹேக் நகரில் 2002 முதல் இயங்குகிறது. நாட்டின் அதிபர் என்பதற்காக அங்கே எவருக்கும் விலக்கு இல்லை. ஆனால் அதற்கென்று ஒரு போலீஸ்காரர்கூடக் கிடையாது. பிடியாணை பிறப்பிப்பது நீதிமன்றம். பிடித்துக் கொடுக்க வேண்டியவை உறுப்பு நாடுகள். ஆள் நேரில் வராமல் வழக்கு நடத்த விதிகளில் இடமில்லை.

சூடான் இதற்குக் கசப்பான சான்று. அந்நாட்டின் டார்ஃபூர் பகுதியில் 2003-இல் தொடங்கிய வன்முறையில் சுமார் 3 லட்சம் பேர் மாண்டதாக ஐ.நா. மதிப்பிட்டது. அதிபர் ஓமர் அல் பஷீருக்கு 2009-இல் பிடியாணை பிறந்தது. பதவியிலிருக்கும் அதிபர் ஒருவருக்கு இந்த நீதிமன்றம் பிறப்பித்த முதல் ஆணை அது. 2015 ஜூனில் ஆப்பிரிக்க ஒன்றிய மாநாட்டுக்காக அவர் ஜோகன்னஸ்பர்க் வந்தார். தென்னாப்பிரிக்கா உறுப்பு நாடு. அவர் வெளியேறக் கூடாது என்று பிரிட்டோரியா உயர் நீதிமன்றமும் தடை விதித்தது. வழக்கு நடந்துகொண்டிருந்தபோதே அவரது விமானம் ராணுவத் தளத்திலிருந்து கிளம்பிவிட்டது. அரசு செய்தது சட்டவிரோதம் என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் மறு ஆண்டு சொன்னது; அதற்குள் காலம் கடந்துவிட்டது. 2019-இல் ஆட்சி கவிழ்ந்த பிறகும் அவர் ஹேக்கிடம் ஒப்படைக்கப்படவில்லை. 2024 செப்டம்பரில், இதே நீதிமன்றத்தின் பிடியாணைக்கு உள்ளான ரஷ்ய அதிபர் புதினை உறுப்பு நாடான மங்கோலியா சிவப்புக் கம்பளம் விரித்தே வரவேற்றது.

மாறாக, பிலிப்பைன்ஸின் முன்னாள் அதிபர் டுடெர்ட்டே 2025 மார்ச்சில் மணிலாவில் கைதாகி அன்றிரவே ஹேக்குக்கு அனுப்பப்பட்டார். போதைப்பொருள் ஒழிப்பின் பெயரால் நடந்த கொலைகளுக்கான வழக்கு அது. ஆளும் மார்க்கோஸ் தரப்புக்கும் டுடெர்ட்டே குடும்பத்துக்கும் உறவு முறிந்திராவிட்டால் இந்தக் கைது நடந்திருக்குமா என்பது ஐயமே.

உறுப்பினர் அல்லாத நாடு தானாக ஒப்புக்கொள்ளாதபோது, அங்கு நடந்த குற்றங்களை ஹேக்குக்கு அனுப்ப ஐ.நா. பாதுகாப்பு கவுன்சிலால் முடியும். டார்ஃபூர் அப்படித்தான் சென்றது. ஆனால் வீட்டோ அதிகாரம் கொண்ட அமெரிக்கா, ரஷ்யா, சீனா மூன்றுமே இந்த நீதிமன்றத்தில் சேராதவை. சிரியாவில் நடந்த குற்றங்களை ஹேக்குக்கு அனுப்பும் தீர்மானத்தை 2014 மே மாதம் 13 நாடுகள் ஆதரித்தும், ரஷ்யாவும் சீனாவும் தடுத்துவிட்டன.

அதனால் சிரியாவில் பாதிக்கப்பட்டோர் வேறு வழி தேடினர். கொடுங்குற்றங்களை எங்கு நடந்தாலும் விசாரிக்க ஜெர்மனியின் சட்டம் இடம் தருகிறது. அங்கே தஞ்சம் புகுந்திருந்த சிரிய உளவுத்துறையின் முன்னாள் கர்னல் ஒருவர், அதே நாட்டுக்குத் தப்பி வந்த சிரியர்களின் சாட்சியத்தால் சிக்கினார். 2022 ஜனவரியில் கோப்லென்ஸ் நீதிமன்றம் அவருக்கு ஆயுள் தண்டனை விதித்தது.