வாசலில்லாத பூங்காவில் ஒரு நாள்: ஜெய்சல்மேர் சஃபாரிக்கு முன்பணம் கட்டுமுன்

ஜெய்சல்மேர் கோட்டையை ஒட்டிய தெருக்களில் நடந்தால் பத்துக் கடைக்கு ஒரு கடையில் அந்தப் பலகை தொங்கும். ஒட்டகம், மணல்மேடு, மறையும் சூரியன், ஓரத்தில் ஒரு பெரிய பறவை. ‘பாலைவனத் தேசியப் பூங்கா சஃபாரி, முழு நாள்.’ உள்ளே போய் விலை கேட்டால் ஜீப், ஒட்டகச் சவாரி, மாலை டீ, நாட்டுப்புற நடனம், இரவுச் சாப்பாடு என்று வரிசையாகச் சொல்வார்கள். அந்த வரிசையில் பூங்கா எங்கே வருகிறது என்று மட்டும் கேட்டுப் பாருங்கள். பாதிப் பேரிடம் நேரான பதில் வராது.

ஏனென்றால் பல பயணங்கள் நேரே சாம் மணல்மேடுகளுக்குப் போய் அங்கேயே முடிந்துவிடுகின்றன. நகரத்திலிருந்து சுமார் 40 கிலோமீட்டர். வரிசையாகக் கூடாரங்கள், ஒலிபெருக்கி, ஒட்டகக்காரர்களின் கூட்டம். அங்கே போவது தப்பில்லை, குழந்தைகளுக்குப் பிடிக்கும். ஆனால் கானமயிலும் சின்காரா மானும் பாலைவன நரியும் பார்க்கலாம் என்று நம்பிப் பணம் கட்டியவருக்கு அது வேறு சரக்கு. வனவிலங்கு பார்க்க வருபவர்கள் போக வேண்டியது சுதாசரி போன்ற, வனத்துறை வேலியிட்டுப் பாதுகாக்கும் புல்வெளிப் பகுதிகளுக்கு. அதற்கு வனத்துறை அனுமதி வேண்டும், நுழைவுக் கட்டணத்துக்கு ரசீது உண்டு.

இந்தக் குழப்பத்துக்கு ஏமாற்று மட்டும் காரணமில்லை. பூங்காவின் அமைப்பே அப்படி. ஜெய்சல்மேர், பார்மேர் ஆகிய இரண்டு மாவட்டங்களில் 3,162 சதுர கிலோமீட்டருக்கு விரிந்து கிடக்கிறது. உள்ளே ஊர்கள் இருக்கின்றன, ஆட்டு மந்தைகள் மேய்கின்றன, தார்ச்சாலை ஓடுகிறது. எல்லைக்கோடு எதையும் தாண்டியதாக வண்டியில் இருப்பவருக்குத் தெரியாது. பெயரில்தான் தேசியப் பூங்கா. சட்டத்தின் கண்ணில் அது 1980-ல் அறிவிக்கப்பட்ட வனவிலங்குச் சரணாலயம். ஆகவே இரண்டு ஆபத்துகள் ஒன்றாக வருகின்றன. பூங்காவுக்கே போகாமல் பூங்காவுக்கான பணத்தைக் கொடுத்துவிடலாம். பூங்காவுக்குள் இருப்பது தெரியாமலேயே வனச்சட்டத்தை மீறியும் விடலாம். இரண்டுக்கும் மருந்து ஒன்றுதான்: காலையில் கையில் இருக்கும் காகிதம்.

முன்பணம் கொடுக்குமுன் எழுத்தில் வாங்க வேண்டியவை சில. எந்த இடத்துக்கு அழைத்துப் போகிறார்கள், வன அனுமதிக் கட்டணம் விலையில் சேர்ந்ததா, எந்த வண்டி, ஒரு வண்டியில் எத்தனை பேர், ரத்து செய்தால் எவ்வளவு திரும்பும். வாட்ஸ்அப் செய்தியில் இவ்வளவும் கேட்டு, ‘சரி’ என்று பதில் வந்தால்கூடப் போதும். யுபிஐ-யில் யாரோ ஒரு தனிநபர் பெயருக்குப் பணம் போகிறது என்றால் எந்தப் பயணத்துக்கான தொகை என்பதைக் குறிப்புப் பகுதியில் எழுதுங்கள். பில் கேளுங்கள். பில் தர மறுப்பதையே முறையற்ற வணிக நடவடிக்கையாக 2019-ம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் சொல்கிறது. ‘பில்லா? இந்தப் பக்கம் யாரும் தருவதில்லை சார்’ என்று சிரிப்பவரிடம் மேற்கொண்டு பேசாமல் அடுத்த கடைக்குப் போவது நல்லது.

ரயிலடியிலும் பஸ் நிலையத்திலும் பின்னாலேயே வரும் தரகர்களை ராஜஸ்தானில் ‘லப்கா’ என்பார்கள். சுற்றுலாப் பயணிகளை இப்படி வளைத்துப் பிடிப்பது அங்கே 2010-ம் ஆண்டுச் சட்டப்படி குற்றம். 2021-ல் அந்தச் சட்டத்தை இன்னும் இறுக்கினார்கள். தொல்லை மிஞ்சினால் போலீசிடம் சொல்லலாம் என்பது பலருக்கும் தெரிவதில்லை. ‘கானமயிலை நிச்சயமாகக் காட்டுகிறேன், இல்லாவிட்டால் பணம் வாபஸ்’ என்று சத்தியம் செய்பவரிடம் மட்டும் இரட்டை எச்சரிக்கை வேண்டும். அந்தப் பறவையை நிச்சயமாகக் காட்ட ஒரே வழி, போகக்கூடாத இடத்துக்கு வண்டியை ஓட்டிப் போவதுதான்.

கானமயில் ஆள் இடுப்பளவுக்கு உயரம், ஒரு மீட்டர் இருக்கும். நன்கு வளர்ந்த ஆண் 15 கிலோ வரை எடை போடும், பறக்கும் பறவைகளில் மிகக் கனமானவற்றில் ஒன்று. உள்ளூரில் கோடாவண் என்பார்கள். உலகில் எஞ்சியிருப்பது 200-க்கும் குறைவு, அதில் பெரும்பகுதி ஜெய்சல்மேர் மாவட்டத்தில். கூடு என்று ஒன்றும் கட்டாது. வெறுந்தரையில், புல்லுக்கு நடுவே, பெரும்பாலும் ஒரே ஒரு முட்டை. மண் நிறத்தில், புள்ளி தெளித்தாற்போல் கிடக்கும் அதைப் பத்தடி தூரத்தில் நின்றாலும் கண்டுபிடிக்க முடியாது. ஜீப் டயருக்கு அதுகூடத் தெரியாது. உண்மையில் இந்தப் பறவைக்குப் பெரிய எமன் ஜீப் அல்ல, உயரழுத்த மின்கம்பி. எதிரே இருப்பது சரியாகத் தெரியாத பார்வை அமைப்பு அதற்கு. கம்பியில் மோதிச் சாகிறது. மின்கம்பி பற்றிய வழக்கு உச்ச நீதிமன்றத்தில் 2021-லிருந்து பல உத்தரவுகளைக் கண்டது. ஆனால் மின்கம்பியைப் புதைப்பது நம் கையில் இல்லை, ‘தடத்தை விட்டு இறங்காதே’ என்று டிரைவரிடம் சொல்வது நம் கையில் இருக்கிறது.

சொல்லாவிட்டால் என்ன? 1972-ம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் வேட்டை என்பதற்குத் தரும் விளக்கத்தைப் படித்தால் தூக்கிவாரிப்போடும். துப்பாக்கி வேண்டாம், கண்ணி வேண்டாம். பறவையின் முட்டையையோ கூட்டையோ கலைத்தாலே வேட்டைதான். கானமயில் முதல் அட்டவணையில் உள்ள பறவை. அதற்கான தண்டனை குறைந்தது 3 ஆண்டு, அதிகபட்சம் 7 ஆண்டு சிறை. 2022 திருத்தத்துக்குப் பிறகு அபராதம் 25,000 ரூபாய்க்குக் குறையாது. சரணாலயத்தில் விலங்கைச் சீண்டுவதும் குப்பை போடுவதும் தனியே தடைசெய்யப்பட்டவை. தீ மூட்டுவதும் அப்படித்தான். படம் பிடிக்கும் ஆசையில் ‘இன்னும் கொஞ்சம் கிட்டே போங்க பையா’ என்று டிரைவரைத் தூண்டியவர், பிறகு ‘எனக்குத் தெரியாது, அவர்தான் ஓட்டினார்’ என்று கைகழுவ முடியாது. அதேபோலக் கடைத்தெருவில் முள்வால் பல்லியின் ‘சாண்டா’ எண்ணெய் என்று நீட்டினால் தொடவே வேண்டாம். அது பாதுகாக்கப்பட்ட உயிரினம். விற்பவருக்கு உள்ள சிக்கல் வாங்குபவருக்கும் உண்டு.

அடுத்தது வண்டி. மணல்மேட்டில் ஜீப்பை ஏற்றி இறக்கிச் சாகசம் காட்டுவதில் விபத்து புதிதல்ல. திறந்த ஜீப்பில் எட்டுப் பேர், பின்பக்கக் கம்பியைப் பிடித்துக்கொண்டு இரண்டு பேர் நிற்பார்கள், பாட்டு அலறும். ஏறுமுன் நம்பர் பிளேட்டைப் பாருங்கள். வாடகைக்கு ஓடும் வண்டிக்கு மஞ்சள் பலகையில் கறுப்பு எழுத்து இருக்க வேண்டும். வெள்ளைப் பலகை என்றால் அது சொந்த உபயோக வண்டி. விபத்து நடந்தால், வாடகைக்கு ஓட்டக்கூடாத வண்டியை ஓட்டினார்கள் என்று சொல்லி இன்ஷூரன்ஸ் கம்பெனி நழுவப் பார்க்கும், அல்லல்படுவது நீங்கள். பிளேட் தெரியும்படி வண்டியைப் போனில் ஒரு படம் எடுத்துக்கொள்ள அரை நிமிடம் ஆகாது. ‘என் சொந்தப் பொறுப்பில் ஏறுகிறேன்’ என்று ஒரு தாளில் கையெழுத்து கேட்பார்கள். போட்டுவிட்டாலும், அந்த ஒரு வரியாலேயே டிரைவரின் கவனக்குறைவுக்கான பொறுப்பு காற்றில் போய்விடாது. ஒருதலைப்பட்சமான ஒப்பந்தத்தைக் கேள்வி கேட்க 2019 சட்டம் இடம் தருகிறது.

ஒட்டகத்தில் விழுபவர்கள் பெரும்பாலும் அது நடக்கும்போது விழுவதில்லை. எழும்போதும் உட்காரும்போதும்தான் விழுகிறார்கள். எழும்போது பின்னங்கால்களை முதலில் நிமிர்த்தும், சவாரி செய்பவர் முன்னால் சரிவார். உட்காரும்போது முன்னங்கால்களை முதலில் மடக்கும், மறுபடி முன்னால்தான். இரண்டு தடவையும் உடம்பைப் பின்னுக்குச் சாய்த்து, சேணத்தின் கொம்பைப் பிடித்துக்கொள்ள வேண்டும். மடியில் குழந்தையை வைத்துக்கொண்டு ஏற்றச் சொன்னால் மறுத்துவிடுங்கள்.

வெயிலைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை, நவம்பரிலிருந்து பிப்ரவரிக்குள் போங்கள். மே, ஜூனில் 45 டிகிரியைச் சர்வசாதாரணமாகத் தாண்டும் இடம் அது. குறைந்த விலைக்கு ஆசைப்பட்டு அந்த மாதங்களில் போகிறவர் ஆளுக்கு நாலைந்து லிட்டர் தண்ணீரும் ஓ.ஆர்.எஸ். பொட்டலமும் இல்லாமல் வண்டியில் ஏறக்கூடாது. கூட வந்தவர் உளற ஆரம்பித்து, உடம்பு கொதித்தால் அது வெறும் களைப்பு அல்ல. நிழலில் கிடத்தி, துணியைத் தளர்த்தி, இருக்கிற தண்ணீரையெல்லாம் உடம்பில் ஊற்றி விசிறிக்கொண்டே ஆஸ்பத்திரிக்கு விரையுங்கள். நினைவில்லாதவர் வாயில் தண்ணீர் ஊற்றாதீர்கள். குளிர்காலத்தில் நேரெதிர்: பகல் இதமாக இருக்கும், இருட்டிய பிறகு பல் கிட்டிக்கும். திறந்த ஜீப்பில் திரும்புவீர்கள் என்றால் ஸ்வெட்டர் எடுத்துப்போங்கள்.

பாம்பு விஷயம் கொஞ்சம் நீளம், ஆனால் அதில் நம் ஊர்க்காரர்களுக்கு ஒரு பங்கு உண்டு. அந்த மணலில் வாழும் சுருட்டை விரியன் சிறியது, பெரும்பாலும் இரண்டடி தாண்டாது. உடம்பைச் சுருட்டி, செதில்களை ஒன்றோடொன்று உரசி ரம்பம் அறுப்பதுபோல் சத்தம் எழுப்பும். பாலைவன மணலில் பாதி புதைந்து கிடந்தால் தெரியவே தெரியாது. அதன் விஷம் ரத்தத்தை உறைய விடாது. சுத்தமான கண்ணாடிக் குழாயில் ரத்தத்தை விட்டு 20 நிமிடம் அசைக்காமல் வைத்து, உறைந்திருக்கிறதா என்று சாய்த்துப் பார்ப்பது டாக்டர்கள் செய்யும் முதல் சோதனை. இந்தியா முழுக்கப் பயன்படும் விஷமுறிவு மருந்துக்கான விஷத்தில் பெரும்பகுதி, சென்னைக்குத் தெற்கே வடநெம்மேலியில் இருளர்கள் நடத்தும் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கத்திலிருந்து போகிறது. 1978-ல் தொடங்கியது அந்தச் சங்கம். ஆனால் தமிழ்நாட்டுச் சுருட்டை விரியனும் மேற்கு ராஜஸ்தானின் சுருட்டை விரியனும் ஒன்றல்ல. அங்கே உள்ளது வேறு கிளையினம், விஷத்தின் சேர்க்கையும் வேறு. அதனால் அந்தப் பக்கத்துக் கடிகளுக்கு இந்த மருந்து எதிர்பார்த்த அளவு கேட்பதில்லை என்று ஆய்வாளர்களும் ஜோத்பூர் டாக்டர்களும் சொல்லிவருகிறார்கள். மருந்தே வேண்டாம் என்று இதற்குப் பொருளில்லை, இருப்பது அதுதான். மந்திரம், கீறல், இறுக்கிக் கட்டுவது என்று ஒரு நிமிடத்தைக்கூட வீணாக்கக் கூடாது என்றுதான் பொருள். கடிபட்ட காலை அசைக்காமல் வைத்து, மெட்டி, கொலுசைக் கழற்றி, ஜெய்சல்மேர் மாவட்ட ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோங்கள். மேல்சிகிச்சை தேவைப்பட்டால் ஜோத்பூர் சுமார் 280 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது என்பதையும் கணக்கில் வையுங்கள். இருட்டில் மணலில் வெறுங்காலோடு நடனம் பார்க்க உட்காருமுன் இது நினைவுக்கு வரட்டும்.

பாகிஸ்தான் எல்லை அருகே என்பதால் இன்னொரு வகைச் சிக்கலும் உண்டு. மலேசியா, சிங்கப்பூர், இலங்கைப் பாஸ்போர்ட் வைத்திருக்கும் உறவினர்களை அழைத்துப் போகிறீர்கள் என்றால், எல்லையை ஒட்டிய சில பகுதிகள் வெளிநாட்டவருக்குக் கட்டுப்படுத்தப்பட்டவை. எங்கே போகலாம் என்பதை ஜெய்சல்மேர் கலெக்டர் ஆபீசில் கேட்டுக்கொள்ளுங்கள், ஏஜென்ட் வாய்வார்த்தை போதாது. சாட்டிலைட் போனை அனுமதியில்லாமல் இந்தியாவுக்குள் கொண்டுவந்தாலே கைது வரை போகும். டிரோனைப் பெட்டியிலேயே விட்டுவிடுங்கள்.

சரி, எல்லாம் பார்த்தும் ஏமாந்துவிட்டால்? அன்றைக்கே, அந்த இடத்திலிருந்தே வாட்ஸ்அப்பில் எழுதுங்கள். ‘சுதாசரி என்று சொல்லி சாமில் இறக்கிவிட்டீர்கள்’ என்று தேதியோடு ஒரு வரி இருந்தால், போனில் அரைமணி நேரம் சண்டை போட்டதைவிட அது பின்னால் உதவும். சுற்றுலா அமைச்சகத்தின் 1363 எண் இரவு பகலாக இயங்குகிறது, இந்தியும் ஆங்கிலமும் பத்து அயல்நாட்டு மொழிகளும் பேசுகிறது, தமிழ் இல்லை. பணம் சம்பந்தப்பட்ட புகாருக்கு தேசிய நுகர்வோர் உதவி எண் 1915 மேல், அங்கே தமிழிலேயே பேசலாம். ஆன்லைன் தளத்தில் பதிவு செய்திருந்தால் அந்தத் தளத்தின் குறைதீர்ப்பு அலுவலர் 48 மணி நேரத்தில் புகாரை ஏற்று, ஒரு மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்பது 2020 மின்வணிக விதி.

அதிலும் வழி பிறக்காவிட்டால் நுகர்வோர் ஆணையம். ஜெய்சல்மேருக்கு இன்னொரு தடவை டிக்கெட் எடுக்க வேண்டுமே என்று பலர் இங்கேதான் கைவிட்டுவிடுகிறார்கள். வேண்டியதில்லை. புகார் கொடுப்பவர் வசிக்கும் இடத்திலேயே வழக்குப் போடலாம்; மதுரைக்காரர் மதுரை மாவட்ட ஆணையத்திலேயே மனுச் செய்யலாம். கொடுத்த தொகை 5 லட்சம் ரூபாய்க்குள் இருந்தால் கட்டணம் கிடையாது. வக்கீல் கட்டாயமில்லை. ‘இ-ஜாக்ரிதி’ தளம் வழியே வீட்டிலிருந்தே தாக்கல் செய்யலாம். சம்பவம் நடந்த 2 ஆண்டுக்குள் செய்ய வேண்டும். ஒருதலைப்பட்சமான ஒப்பந்தம் பற்றிய புகார் மட்டும் மாவட்டத்துக்கு அல்ல, மாநில ஆணையத்துக்குப் போக வேண்டும்.

வண்டி விபத்தில் காயம் என்றால் கணக்கு வேறு. உடனே 112, அடுத்து போலீசில் எஃப்.ஐ.ஆர்., ஆஸ்பத்திரியில் விபத்து என்று பதிவாகும்படி சீட்டு. இழப்பீட்டு மனுவை மோட்டார் விபத்துத் தீர்ப்பாயத்தில் தாக்கல் செய்ய வேண்டும். அதையும் நீங்கள் வசிக்கும் ஊர்த் தீர்ப்பாயத்திலேயே செய்யலாம். திருத்தப்பட்ட சட்டம் 6 மாத அவகாசம்தான் தருகிறது. ஆகவே கட்டு பிரித்த பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று தள்ளிப்போடாமல் வண்டி நம்பர் படம், எஃப்.ஐ.ஆர். நகல், மருத்துவ ரசீதுகள் மூன்றையும் சேர்த்து ஊர் திரும்பிய வாரமே ஒரு வக்கீலிடம் காட்டிவிடுங்கள்.